உத்தரவு கேட்டு ஏறும் மலை

மதுரைப் பக்கத்துப் பேச்சில் உத்தரவு என்ற சொல்லுக்கு இரண்டு வேலை. அரசு அலுவலகத்திலிருந்து கையெழுத்தும் முத்திரையுமாக வருவது ஓர் உத்தரவு. பூக்கட்டிப் போட்டு, வந்தது வெள்ளைப் பூவா சிவப்புப் பூவா என்று பார்த்துச் சாமியிடம் வாங்குவது இன்னோர் உத்தரவு. கிணறு வெட்டவும் சம்பந்தம் பேசவும் இரண்டாவது உத்தரவுக்குப் பொறுமையாகக் காத்திருக்கிறவர்கள், மலையேற முதலாவது உத்தரவு வேண்டும் என்று சொன்னால் முகம் சுளிக்கிறார்கள். சாமி குடியிருக்கும் மலைக்குப் போக வனத்துறையிடம் எதற்குக் கேட்க வேண்டும்? நிர்வாகச் சங்கதிபோலத் தோன்றும் இந்தக் கேள்வி, மலை யாருடையது, அதற்குள் நுழைகிறவர் யார் என்னும் சமயக் கேள்வியில்தான் போய் நிற்கிறது.

கேட்பது என்று முடிவானாலும் யாரிடம் கேட்பது என்பதில் முதல் குழப்பம். மதுரைச் சமவெளியின் குன்றுகள் ஒரே கையில் இல்லை. குகைத்தளத்துச் சமணச் சிற்பங்கள் தொல்லியல் துறைக்கு, அடிவாரக் கோயில் அறநிலையத் துறைக்கு, சுற்றியுள்ள காப்புக்காடு வனத்துறைக்கு என்று ஒரே மலை மூன்று துறைகளில் பங்காகியிருக்கும். காப்புக்காடு என்றால் 1882ஆம் ஆண்டு வனச் சட்டம். சரணாலயம், புலிகள் காப்பகம் என்றால் அதோடு 1972ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டமும். மனு எழுதிக்கொண்டு போகிறவர் முதலில் படியேறுவது ரேஞ்சர் ஆபீஸ் எனப்படும் வனச்சரக அலுவலகம். அதற்கு மேலே மாவட்ட வன அலுவலர். 2018 மார்ச் 11 அன்று தேனி மாவட்டம் குரங்கணியில் காட்டுத்தீயில் சிக்கிய மலையேற்றக் குழுவினரில் 23 பேர் இறந்தார்கள். அந்த ஆண்டே மலையேற்றத்துக்கென்று தனி விதிகள் வந்தன. 2024 அக்டோபரில் தொடங்கிய அரசின் மலையேற்றத் திட்டம் 40 தடங்களை இணையத்தில் முன்பதிவு செய்யும்படி ஆக்கியது. மதுரை மாவட்டத்தில் குட்லாடம்பட்டி அருவிப் பக்கம் ஒரு தடம் உண்டு. பயிற்சி பெற்ற வழிகாட்டி கூடவே வருவார். தீ பிடிக்கும் காலத்தில் தடங்களை மூடிவிடுவார்கள். பொழுதுபோக்காக மலைக்குப் போகிறவருக்கு இதில் மனக்குறை பெரிதாக இருக்காது. சினிமாவுக்கு டிக்கெட் எடுப்பதுபோல எடுத்துக்கொள்வார்.

சாமி கும்பிடப் போகிறவரிடம்தான் வழக்கு. மாட்டுத்தாவணியில் விடியுமுன்னே ராஜபாளையம் பஸ்ஸில் துண்டு போட்டு இடம் பிடித்து, கிருஷ்ணன்கோவிலில் இறங்கி, வத்திராயிருப்பு வழியாகத் தாணிப்பாறை போய்ச் சேருகிறவரை எடுத்துக்கொள்ளலாம். அவர் போவது சதுரகிரி சுந்தரமகாலிங்கம் கோயிலுக்கு. அடிவாரத்து வனத்துறை வாசலில் பையைத் திறந்து காட்டச் சொல்வார்கள். சுண்டல் கட்டிய பாலித்தீன் பை, பீடிக்கட்டு, தீப்பெட்டி எல்லாம் வெளியே வரும். கற்பூரம் கொண்டுபோகிறவரிடம் தீப்பெட்டியை வாங்கி வைப்பது அவருக்குச் சாமி குற்றம்போலப் படும். 1988 முதல் சாம்பல் நிற அணில் சரணாலயமாக இருந்த இந்தக் காடு, 2021இல் ஸ்ரீவில்லிபுத்தூர்–மேகமலை புலிகள் காப்பகத்தின் பகுதியானது. 2015 மே மாதத்தில் ஓடையில் திடீர் வெள்ளம் வந்து பக்தர்கள் உயிரிழந்தார்கள். பல ஆண்டுகளாக அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய சில நாட்களுக்கு மட்டுமே மலை திறந்திருந்தது. சித்தர்கள் இன்னும் நடமாடுவதாக நம்பப்படும் மலைக்குத் திறக்கும் நேரமும் மூடும் நேரமும் போடுவது நம்பிக்கையில் கைவைப்பதாகாதா என்கிறார் பக்தர்.

அவர் பக்கம் ஒரு நியாயம் இருக்கிறது. 1972ஆம் ஆண்டுச் சட்டத்தின் 28ஆம் பிரிவு, சரணாலயத்துக்குள் போக அனுமதி தரக்கூடிய நோக்கங்களைச் சொல்கிறது: வன உயிர்களை ஆராய்தல், படம் எடுத்தல், அறிவியல் ஆய்வு, சுற்றுலா, உள்ளே குடியிருப்பவரோடு முறையான கொடுக்கல் வாங்கல். யாத்திரை இந்த வரிசையில் இல்லை. கேமராக்காரருக்குத் தனி இடம் கொடுத்த சட்டம், தலைமுறை தலைமுறையாக மலையேறி வருகிறவரைப் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை. அரசியலமைப்பின் 25ஆம் பிரிவு தரும் வழிபாட்டு உரிமையும் பொது ஒழுங்கு, ஒழுக்கநெறி, சுகாதாரம் ஆகியவற்றுக்கு உட்பட்டதுதான். காட்டையும் உயிர்களையும் காப்பது குடிமக்களின் கடமை என்பது 1976இல் சேர்ந்தது. ஆக, வாசலில் எதிரெதிரே நிற்கும் இருவர் கையிலும் ஆளுக்கொரு பிரிவு இருக்கிறது.

ஆனால் சாமியிடம் போக யாரிடமும் கேட்க வேண்டியதில்லை என்ற வாதத்தை, பக்தரின் சொந்த மரபே ஒப்புக்கொள்ளாது. சித்திரைத் திருவிழாவுக்கு மதுரைக்குப் புறப்படும் அழகர், அழகர்கோயில் கோபுர வாசலில் பதினெட்டாம்படிக் கருப்பிடம் உத்தரவு வாங்கிக்கொண்டுதான் கிளம்புகிறார். மலைக்குச் சொந்தக்காரர் பெருமாள். வாசலுக்குச் சொந்தக்காரர் கருப்பு. கண்டாங்கி கட்டி, நேரிக்கம்பு பிடித்த கள்ளர் கோலத்தில் பெருமாள் அங்கே நிற்பார். சாத்திய கதவுக்குப் பூசிய சந்தனந்தான் கருப்பின் உருவம். அதன் பிறகே பல்லக்கு மூன்றுமாவடி எதிர்சேவைக்கு நகரும். சொந்த வீட்டைவிட்டு வெளியே போகவே காவல்காரரிடம் சொல்லிக்கொள்ளும் கடவுளைக் கும்பிடுகிறவர், அந்த வீட்டுக்குள் நுழையும்போது கேட்பது அவமானம் என்று சொல்ல முடியாது. கோயில்காடுகளிலும் இதே முறைதான். செருப்பை எல்லையிலேயே கழற்றுவார்கள். உள்ளே காய்ந்து விழுந்த சுள்ளியைக்கூட அடுப்புக்கு எடுக்கமாட்டார்கள். நத்தம் பக்கம் காசம்பட்டி வீரக்கோயில்காடு 4.97 எக்டேர்தான், 2025இல் அது பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்டது. அரசாணை வருவதற்கு வெகுகாலம் முன்பே அங்கே சாமியின் உத்தரவு நடப்பில் இருந்தது.

இந்தக் கேள்வியை இன்னும் ஆழமாகப் பார்த்தது சிலப்பதிகாரம். காடுகாண் காதையில் மதுரைக்குப் போகும் வழிகளைச் சொல்லும் மாங்காட்டு மறையோன், அழகர்மலையில் ஒரு குகைவழி இருப்பதாகக் கோவலனிடம் சொல்கிறான். உள்ளே மூன்று பொய்கைகள். ஒன்றில் நீராடினால் இந்திரனின் இலக்கணம் கைவரும். இன்னொன்றில் பழம்பிறப்புத் தெரியும். மூன்றாவதில் நினைத்தது நடக்கும். வாசலில் வரோத்தமை என்ற தெய்வம் தோன்றிக் கேள்வி கேட்கும்: இம்மைக்கு இன்பம் எது, மறுமைக்கு இன்பம் எது, இரண்டும் கடந்து அழியாத பொருள் எது? பதில் சொன்னால் கதவு திறக்கும். வனத்துறை மனுவில் பெயர், வயது, ஆதார் எண், எத்தனை பேர், எந்தத் தேதி என்ற கட்டங்கள் இருக்கும். எதற்கு வருகிறாய் என்ற கட்டத்தில் ‘தரிசனம்’ என்று ஒரே சொல்லில் எழுதிவிடலாம். வரோத்தமையிடம் அது செல்லாது. வருகிறவர் நாடுவது எது, அது நாடத் தக்கதா என்பதுவரை அந்தத் தெய்வம் விசாரிக்கிறது. அலுவலகத்துக்கு அந்த விசாரணை முடியாது. முயன்றால் அது வேறு வகைத் தொந்தரவாகிவிடும். ஒருவர் பக்தியின் தரத்தை ரேஞ்சர் அளப்பதைவிட அவர் பையிலிருக்கும் பிளாஸ்டிக்கை எண்ணுவதே மேல்.

மறையோனுக்கு, கோவலனோடு வழிநடக்கும் கவுந்தியடிகள் சொல்லும் பதில் யாரும் எதிர்பாராதது. அவர் சமணத் துறவி. இந்திரனின் இலக்கணத்தை அருகன் அருளிய நூலிலேயே காணலாம். முற்பிறப்பில் செய்தது இப்பிறப்பில் கண்ணெதிரே தெரிகிறது. வாய்மை தவறாமல் உயிர்களைப் பேணி வாழ்கிறவருக்குக் கிடைக்காத பொருள் எது என்று கேட்டுவிட்டு, நீ உன் தெய்வத்தைத் தேடிப் போ, நாங்கள் எங்கள் வழியில் போகிறோம் என்கிறார். மலைக்குப் போகாமல் இருப்பதும் ஒரு சமய நிலை என்று இதைவிடத் தெளிவாகச் சொன்னவர் அரிது. மாங்குளம், கீழக்குயில்குடி, யானைமலை என்று மதுரையைச் சுற்றிய குன்றுகளில் குகைத்தளத்தில் தங்கிய சமணத் துறவிகள், போகாமல் இருப்பதைக் காலத்தோடும் சேர்த்துக் கடைப்பிடித்த மரபினர். மழைக்காலத்தில் மண்ணெங்கும் சிற்றுயிர் பெருகும், நடந்தால் மிதிபடும். அதனால் நான்கு மாதம் ஓரிடத்திலேயே தங்க வேண்டும் என்பது விதி. தீக்காலத்தில் மலைப்பாதையை மூடும் வனத்துறையின் அறிவிப்புக்கு வேறு காரணம் இருக்கிறது. ஆனாலும் காட்டின் காலத்துக்கு மனிதர் தம் காலை அடக்கிக்கொள்வது இரண்டிலும் ஒன்றுதான்.

இதையெல்லாம் வைத்து வனக்காவலரைக் கருப்பின் இடத்தில் நிறுத்திவிடவும் முடியாது. கருப்பு இடமாறுதலில் போவதில்லை. ஆட்சி மாறினாலும் அவர் விதி மாறாது. கருப்புக்குக் கிடா வெட்டலாம், அது நேர்த்திக்கடன். அலுவலகத்தில் அதற்கு வேறு பெயர். முக்கியமாக, கருப்பு தாம் காக்கும் மலையை விற்கமாட்டார். அரசு அப்படியல்ல என்பதை மேலூர் வட்டாரம் அண்மையில் பார்த்தது. மாட்டுத்தாவணியிலிருந்து மேலூர்ச் சாலையில் போய்ச் சேரும் அரிட்டாபட்டியில் ஏழு குன்றுகள், பாண்டியர் காலக் குடைவரை, தமிழி எழுத்துப் பொறித்த சமணர் படுக்கை எல்லாம் உண்டு. அதையும் அடுத்த மீனாட்சிபுரத்தையும் சேர்த்து 193.215 எக்டேரை 2022 நவம்பரில் தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக மாநில அரசு அறிவித்தது. 2024 நவம்பரில், அதையும் உள்ளடக்கிய பரப்பில் டங்ஸ்டன் எடுக்கும் உரிமையை ஒன்றிய அரசு ஏலத்தில் கொடுத்தது. ஊராரிடம் யாரும் கேட்கவில்லை. கிராம சபைகள் எதிர்த்துத் தீர்மானம் போட்டன. டிசம்பரில் சட்டமன்றமும் போட்டது. 2025 ஜனவரி 7 அன்று நரசிங்கம்பட்டியிலிருந்து தல்லாகுளம் நோக்கி மக்கள் நடந்தார்கள். ஜனவரி 23 அன்று ஏலம் ரத்தானது.

ஒரு மலையைப் பாரம்பரியத் தலமாக அறிவிப்பதற்கு அடிப்படையான 2002ஆம் ஆண்டு பல்லுயிர்ச் சட்டத்தின் 37ஆம் பிரிவில் ஒரு நிபந்தனை இருக்கிறது. உள்ளாட்சி அமைப்பைக் கலந்துகொண்டே மாநில அரசு அப்படி அறிவிக்க வேண்டும். உத்தரவு போடுகிறவரும் அங்கே முதலில் ஊரிடம் உத்தரவு கேட்டாக வேண்டும்.