எழுதுவினைஞர் எழுதிய தீர்ப்பு

நீதிமன்ற எழுதுவினைஞர் ஒருவர் தமது எல்லையை மீறினார் எனக் கேட்டதும், நீதிபதியின் அதிகாரத்தைக் கவர்ந்துகொண்ட ஒருவரையே நாம் மனத்திற் கொள்கின்றோம். கவரப்படாது, கைவிடப்பட்டதனால் அவரிடம் சென்றடைந்த அதிகாரமும் உண்டு என்பதை அத்துணை சிந்திப்பதில்லை.

சட்டம் பயில்வோர் யாவரும் அறிந்தது இங்கிலாந்தின் சசெக்ஸ் நீதவான்கள் வழக்கு. வீதி விபத்தொன்றின் பேரில் மோட்டார் சைக்கிள் ஓட்டுநர் ஒருவர் குற்றவாளியாகக் காணப்பட்டார். நீதவான்கள் முடிவெடுப்பதற்கு உள்ளறை சென்றபோது எழுதுவினைஞரும் உடன் சென்றார். அவர் சார்ந்திருந்த சட்டத்தரணிகள் நிறுவனமோ, அவ்விபத்துத் தொடர்பான நட்டஈட்டு விடயத்தில் எதிர்த்தரப்புக்காகச் செயற்பட்டுக்கொண்டிருந்தது. உள்ளே அவர் வாய் திறக்கவில்லை. அவரிடம் எவரும் எதுவும் வினவவுமில்லை. எனினும் 1923 இல் மேல் நீதிமன்றம் அத்தீர்ப்பை நீக்கிற்று. மௌனமாக உடனிருந்தமையே போதிய குறையாயிற்று.

இனி, எழுதுவினைஞர் மௌனமாயிராத ஒரு நீதிமன்றத்தை நோக்குவோம். ஐக்கிய அமெரிக்காவின் லூசியானா மாநிலத்து ஐந்தாம் வட்டார மேன்முறையீட்டு நீதிமன்றத்திலே, சட்டத்தரணியின்றிக் கைதிகள் தாமே எழுதியனுப்பிய மனுக்களை மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு ஆராய்ந்திருத்தல் வேண்டும். 1994 முதல் 2007 வரை அவ்வாறு நிகழவில்லை. நீதிபதிகளின் ஏற்பாட்டின்படி அலுவலர் ஒருவரே நிராகரிப்புக் கட்டளைகளை வரைந்துவந்தார். 2007 இல் அவர் இவ்வழக்கத்தைக் கடிதத்தில் எழுதிவைத்துவிட்டுத் தம்முயிரை மாய்த்துக்கொண்டார். 2008 இல் மாநில உயர் நீதிமன்றம் நூற்றுக்கணக்கான மனுக்களை மீள ஆராயும்படி அனுப்பிற்று. அனுப்பியதும் அதே வட்டார நீதிமன்றத்திற்கே!

அவ்வலுவலர் சட்டம் கற்றவர். நீதிபதிகள் வாசித்திருப்பினும் அம்மனுக்களுட் பல தள்ளப்பட்டேயிருக்கும். முடிவு ஒன்றாயின் நட்டம் யாது என ஒருவர் வினவலாம். இவ்வினாவை இலேசாகத் தட்டிக்கழித்தல் நேர்மையாகாது. ஆயினும், மனு என்பது பரீட்சை வினாத்தாளன்று. கைதி வேண்டுவது சரியான விடையை மாத்திரமன்று. அவ்விடைக்குப் பொறுப்பேற்கக் கடமைப்பட்ட ஒருவர் தன் சொல்லைச் செவிமடுத்தலையுமாகும். வரைந்தவர் பொறுப்பாளியல்லர், பொறுப்பாளிகள் வாசித்தவரல்லர். தவறு நேர்ந்திருப்பின் எவர்மீது முறையிடுவது?

எல்லையை மீறியவர் எவர் என்பதும் எளிதிற் கூறத்தக்கதன்று. கோட்டை அழித்தவர் நீதிபதிகளே என்பது என் கருத்து. இருப்பினும், பதின்மூன்று ஆண்டுகள் எழுதிய கை அவ்வலுவலருடையதே. ஏவலின்படி செய்தேன் என்னும் விடை அவருக்கே போதவில்லை. சிறையிலிருந்து மனு விடுத்தவனுக்கோ இவையெதுவும் தெரியாது. அவனிடம் வந்த தாள் நீதிமன்றத்தின் பெயரிலேயே வந்திருந்தது.