அழகுக்கு விலை கொடுத்தவர்கள்

வீராம்பட்டினத்துப் பள்ளியில் நான் ஆசிரியனாகப் பணியாற்றிய காலத்தில், ஆண்டுதோறும் மாணவர்களை அரிக்கமேட்டிற்கு அழைத்துச் செல்வதுண்டு. அரியாங்குப்பத்து ஆற்றங்கரையில் தோப்புகளுக்கிடையே கிடக்கும் அந்த மேட்டில், ஏறத்தாழ ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன் ரோமாபுரியின் மதுச் சாடிகளும் மட்கலங்களும் வந்திறங்கின. இங்கிருந்து மணிகளும் துணிகளும் கப்பலேறின. 1945இல் மார்டிமர் வீலர் அங்கு அகழ்ந்தபோது, சுவர் இருக்கவேண்டிய இடங்கள் பலவற்றில் சுவரைக் காணவில்லை. செங்கல்லைப் பெயர்த்தெடுத்த பள்ளந்தான் இருந்தது. சுக்கிரன் சூரியனைக் கடப்பதைக் காணப் புதுச்சேரிக்கு வந்து, 1769 ஜூன் மாதத்தில் உரிய வேளையில் மேகம் மூடியதால் ஏமாந்துபோன லெ ழாந்தீ என்னும் பிரெஞ்சு வானியலார்கூட இவ்வூர்ப் பக்கத்துப் பழஞ்செங்கற்களைப் பற்றி எழுதிவைத்திருக்கிறார்.

ஒருமுறை இதை நான் சொல்லிக்கொண்டிருக்கையில், பின்வரிசையிலிருந்து ஒரு பையன் எழுந்தான். “எங்க ஆயா வீட்டு அடுப்புத் திண்ணை அந்தக் கல்லுதான் சார். இம்மாம் பெருசு” என்று கையை விரித்துக் காட்டினான். வகுப்பு சிரித்தது, நானும் சிரித்தேன். அவன் மட்டும் சிரிக்கவில்லை. “அது தப்பா சார்?” என்று கேட்டான். அன்று எனக்கு விடை கிடைக்கவில்லை. “முதலில் பாடத்தைக் கவனி” என்று அதட்டி உட்காரவைத்துவிட்டேன். விடை தெரியாத ஆசிரியனுக்கு அதட்டல் எவ்வளவு வசதியான கருவி!

நிற்க. எங்கள் ஊர்க் குடும்பங்கள் பலவற்றைப் போலவே என் மகளின் குடும்பமும் பிரான்சில் வாழ்கிறது. நான் ஓய்வு பெற்றபின், ஒரு விடுமுறையில் அவர்களைக் காணச் சென்றிருந்தேன். “அத்தா, எத்தனை வருஷமா அல்ஹம்ரா அல்ஹம்ரான்னு சொல்லிக்கிட்டிருக்கீங்க, வாங்க, கண்ணாலே பார்த்துட்டு வந்துடலாம்” என்று மகள் என்னை ஸ்பெயின் நாட்டுக் கிரனாடா நகருக்கு அழைத்துச் சென்றாள். அல்ஹம்ரா என்ற பெயரைக் கேட்டதும் நம் இல்லங்களில் பெரியவர்கள் விடும் பெருமூச்சை வாசகர்கள் அறிவார்கள். அந்தப் பெருமூச்சோடுதான் நானும் போனேன்.

வாயிலில் மகள் ஆளுக்கொரு ஒலிவழிகாட்டிக் கருவியை வாடகைக்கு எடுத்துத் தந்தாள். காதில் மாட்டிக்கொண்டு, நிற்கும் இடத்தின் எண்ணை அழுத்தினால் ஒரு குரல் வரலாற்றைச் சொல்லும். தமிழ் அதில் இல்லை. புதுச்சேரிக்காரனாகிய நான் பிரெஞ்சு மொழியைத் தேர்ந்துகொண்டேன். மரியாதையும் தெளிவும் உள்ள குரல் அது. ஆனால் அதனிடம் ஒரு குறை உண்டு. அது சொல்லும், கேட்காது. நாம் சிறுபிள்ளைகளாய் ஓதிய பள்ளியில் உஸ்தாது சொல்லிக்கொண்டு மட்டும் போகமாட்டார். நம்மைச் சொல்லவைத்துக் கேட்பார், பிழையான இடத்தில் நிறுத்துவார். இக்குரலோ நான் கேட்டேனா, கேட்டது புரிந்ததா என்று அறியாமலே அடுத்த எண்ணுக்குப் போய்விடும்.

காலையில் நஸ்ரீ சுல்தான்களின் அரண்மனைகளைப் பார்த்தோம். முதலாம் யூசுபும் ஐந்தாம் முஹம்மதும் பதினான்காம் நூற்றாண்டில் எழுப்பியவை. சுண்ணச் சாந்தில் சரிகை பின்னியதுபோன்ற சுவர்கள். நீரைச் சுவரைப் போலவே கட்டடத்தின் ஓர் உறுப்பாக்கிய முற்றங்கள். இறைவனையன்றி வெற்றியாளன் எவனுமில்லை என்னும் பொருளுடைய அவ்வம்சத்து வாசகம் திரும்பிய பக்கமெல்லாம் பொறிக்கப்பட்டிருந்தது. அரபு எழுத்தைக் கூட்டிப் படிக்கத் தெரிந்தவன் என்ற பெருமிதத்தில் பேத்திக்கு நான் அதைப் படித்துக் காட்டினேன். கண்களும் கலங்கின. 1492 ஜனவரி 2ஆம் நாள் அபூ அப்துல்லாஹ் இந்நகரின் சாவிகளை ஒப்படைத்ததை எண்ணித்தான்.

பிற்பகலில், அதே குன்றின்மேல், அந்த அரண்மனைகளை ஒட்டியே எழுந்து நிற்கும் வேறொரு மாளிகைக்குள் நுழைந்தோம். பேரரசர் ஐந்தாம் சார்லஸ் கட்டத் தொடங்கியது. 1526இல் மணமுடித்த கையோடு அவர் தம் அரசியுடன் அல்ஹம்ராவில் வந்து தங்கினார். அவ்விடத்தின்மேல் ஆசை வைத்தார். தமக்கும் அங்கொரு மாளிகை வேண்டுமென்றார். மறுமலர்ச்சிக்கால இத்தாலியின் கலையைக் கற்றறிந்த பெத்ரோ மச்சூகா 1527இல் வேலையைத் தொடங்கினார். வெளியே பக்கத்துக்கு 63 மீட்டர் கொண்ட சதுரம். உள்ளே போனால் வானத்தைப் பார்த்த ஒரு பெரும் வட்ட முற்றம். கீழே 32 தூண்கள், மேலே 32 தூண்கள். வேறு அலங்காரம் இல்லை. சதுரத்துக்குள் வட்டம், அவ்வளவே. ஆனால் அந்த அளவுகளின் ஒழுங்கு மனிதனை வாயடைக்கச் செய்துவிடுகிறது. இதை ஒப்புக்கொள்ள எனக்கு மனமில்லை; ஆயினும் பொய் சொல்வதற்கில்லை, அது அழகாகத்தான் இருந்தது.

நடுவில் நின்று மெல்லப் பேசினாலும் குரல் சுற்றி எழுந்து நம்மிடமே திரும்புகிறது. பலரும் அங்கு வந்து நின்று கைதட்டிப் பார்த்தார்கள். நான் தூண்களின்மேல் கண்ணை ஓட்டியபடி காதுக் குரலைக் கேட்டுக்கொண்டிருந்தேன். பதினொரு வயதுப் பேத்தி தன் காதிலிருந்ததைக் கழற்றிவிட்டு என் சட்டையை இழுத்தாள்.

“நன்னா, அவரு சொன்னதைக் கேட்டீங்களா? இதைக் கட்டின காசு ராஜாவோடது இல்லையாம்.”

நான் கேட்கவில்லை. கேட்டுக்கொண்டுதான் இருந்தேன், ஆனால் கேட்கவில்லை. ஒரே வாக்கியத்தில் அந்தக் குரல் அதைச் சொல்லிக் கடந்துவிட்டது. நான் தூணைப் பார்த்துக்கொண்டிருந்தேன். குறை கருவியினுடையதன்று.

அந்த ஒரு வாக்கியத்துக்குப் பின்னாலிருந்த செய்தி இது. கிரனாடாவை ஒப்படைத்தபோது செய்த உடன்படிக்கை முஸ்லிம்களின் மார்க்கத்துக்கும் வழக்கங்களுக்கும் காப்பளித்தது. பத்தாண்டுகூட அது முழுமையாக நிற்கவில்லை. கட்டாய ஞானஸ்நானம் பெற்று மொரிஸ்கோக்கள் எனப் பெயர் பெற்ற அம்மக்களின் மொழி, உடை, குளியல் இல்லங்கள் ஆகியவற்றைத் தடுக்கும் ஆணைகள் சார்லஸ் தங்கிச் சென்ற அதே 1526இல் பிறந்தன. மொரிஸ்கோக்கள் பணம் தந்து அவற்றை நிறுத்திவைத்தார்கள். வழக்கமான வரிகளுக்கு மேலாக 80,000 டுகாட் பொற்காசுகள் என்பர் வரலாற்றாசிரியர்; பெற்ற தவணை நாற்பதாண்டு. மொரிஸ்கோக்கள் தந்த பணமே இம்மாளிகையின் வேலைக்குப் பாய்ந்தது. தாய்மொழியில் பேசுவதற்கு வாடகை கட்டினார்கள். அந்த வாடகை தூணாக நிற்கிறது.

தவணை முடிந்ததும் 1567இல் அடுத்த அரசர் இரண்டாம் பிலிப்பு தடையைப் புதுப்பித்தார். பிரான்சிஸ்கோ நூஞெஸ் முலேய் என்ற முதிய மொரிஸ்கோ ஒருவர் அதிகாரிகளுக்கு ஒரு விண்ணப்பம் எழுதினார். அதில் அவர் எடுத்துவைத்த வாதம் இன்றும் வாடாதது. மொழி எந்த மார்க்கத்துக்கும் தனியுடைமையன்று. கீழ்நாட்டுக் கிறிஸ்தவர்கள் அரபு பேசியே கிறிஸ்தவர்களாக இருக்கிறார்களே என்றார். தமிழ் பேசியே முஸ்லிம்களாக இருக்கும் நமக்கு அந்த வாதத்தை விளக்க வேண்டியதில்லை. விண்ணப்பம் பயன் தரவில்லை. 1568இல் மலைநாட்டில் கிளர்ச்சி வெடித்தது, மாளிகைக்கு வந்துகொண்டிருந்த பணமும் நின்றது, வேலையும் நின்றது. பின்னர் இடையிடையே தொடர்ந்து, 1637இல் கூரையில்லாமலே கைவிட்டார்கள். கூரை போட்டது இருபதாம் நூற்றாண்டில். சார்லஸ் அம்மாளிகையில் ஒருநாள்கூட வாழவில்லை. விலை கொடுத்தவர்களின் வழித்தோன்றல்களோ 1609 முதல் 1614 வரை ஸ்பெயினிலிருந்தே வெளியேற்றப்பட்டார்கள். ஏறத்தாழ மூன்று இலட்சம் பேர்.

இதையெல்லாம் பேத்திக்குச் சொல்லச் சொல்ல எனக்குள் ஒரு சூடு ஏறிற்று. சூட்டோடு ஒருவகைத் திருப்தியும் இருந்தது. அழகென்று ஒப்புக்கொள்ள நேர்ந்த ஒன்றில் பெருங்குற்றம் கண்டுவிட்ட திருப்தி. அதுதான் என்னை உறுத்தியது.

ஏனெனில், காலையில் நான் கண் கலங்கிய அரண்மனைக்கும் ஒரு கணக்கு உண்டு. நஸ்ரீ வம்சத்தை நிறுவி, 1238இல் அல்ஹம்ராக் குன்றின்மேல் கட்டத் தொடங்கிய இப்னுல் அஹ்மர், கஸ்தீல் நாட்டுக் கிறிஸ்தவ மன்னருக்குக் கப்பம் கட்டிய சிற்றரசர். முஸ்லிம் நகரமாகிய செவில்லியா 1248இல் அம்மன்னரிடம் வீழ்ந்தபோது, முற்றுகையிட்ட படையோடு இவருடைய குதிரைவீரர்களும் நின்றார்கள். கிரனாடா பெற்ற அமைதியின் விலையில் ஒரு பங்கைச் செவில்லியா கொடுத்தது. குன்றின்மேல் கைதிகளை இரவில் இறக்கி அடைத்த நிலவறைக் குழிகளும் இருக்கின்றன. குர்துபாவின் பெரும்பள்ளிவாசலில் எட்டாம் நூற்றாண்டில் நிறுத்திய தூண்கள் பல, பழைய ரோமானிய, விசிகோத்தியக் கட்டடங்களிலிருந்து எடுத்தவை.

இவையெல்லாம் நான் அறியாதவை அல்ல, படித்தவைதாம். ஆனால் காலையில் ஒன்றும் நினைவுக்கு வரவில்லை. பிற்பகலில் சார்லஸின் கணக்கு மட்டும் ஒரு காசு பிசகாமல் நினைவுக்கு வந்தது. நினைவுக்கும் ஒரு சார்பு உண்டென்பதை அன்று கண்டேன்.

அப்படியானால் எல்லாம் ஒன்றுதானா? எல்லாரும் எடுத்தார்கள், எல்லாரும் கட்டினார்கள், அழகை மட்டும் பார்த்துவிட்டுப் போகலாம் என்று சொல்லிவிடலாமா? நண்பர் ஒருவர் பின்னர் என்னிடம் அப்படித்தான் வாதிட்டார். கல்லுக்குப் பாவம் இல்லை, கொத்தன் தன் திறமைக்குக் கூலி வாங்கினான், நமக்கென்ன என்றார். என்னால் ஏற்க முடியவில்லை. வீராம்பட்டினத்துப் பையனுக்கு அன்று சொல்லாத விடை, அந்த வட்ட முற்றத்தில்தான் எனக்கு ஓரளவு புலப்பட்டது. அவனுடைய ஆயா எடுத்த செங்கல்லால் எவர் வீடும் இடியவில்லை. உரிமை கொண்டாட ஒருவரும் உயிரோடில்லை. ஆராய்ச்சியாளர்களுக்கு அதனால் நட்டம் உண்டு, மெய்தான். ஆனால் அது ஒரு மனிதனை அச்சுறுத்திப் பெற்றதன்று. புதுச்சேரிக் கடற்கரையில் காந்தியடிகளின் சிலையைச் சுற்றி நிற்கும் கற்றூண்கள் செஞ்சியிலிருந்து வந்தவை. மாலைதோறும் அவற்றினடியில் காற்று வாங்குகிறோம். பழையதை எடுத்துப் புதியது கட்டுவது உலக வழக்கம். உயிரோடிருப்பவனின் நாவை அடகு பிடித்து, அவன் மீட்கக் கொண்டுவந்த பணத்தில் தூண் நிறுத்துவது அந்த வழக்கத்தில் அடங்காது. செவில்லியாவின் கணக்கும் அதில் அடங்காது. குர்துபாத் தூண்களின் கணக்கை என்னால் தீர்த்துச் சொல்ல முடியவில்லை.

ஆகவே பார்க்காமலிருப்பதா? அதையும் நான் ஏற்கவில்லை. பார்க்க மறுத்திருந்தால் அந்த எண்பதாயிரம் பொற்காசுகளைப் பற்றிப் பேத்தி கேட்டிருக்கமாட்டாள். கொடுத்தவர்களின் பெயர்கள் சுவரில் இல்லை. ஆனால் அவர்களுக்கென எஞ்சிய பெருங்கட்டடம் வேறு எது? இடிந்தவர்களைப் பற்றிப் பூமியில் நடந்து பார்த்துப் படிப்பினை பெறச் சொன்ன மார்க்கம் நம்முடையது. அந்தப் படிப்பினை பிறருடைய இடிபாடுகளில் மட்டும் கிடைப்பதென்று நாம் எண்ணிக்கொள்வதுதான் கோளாறு.

திரும்பும் வழியில் பேத்தி கேட்டாள்: “அவங்க மொழி என்ன ஆச்சு நன்னா?”

தடைக்குப் பின் ஸ்பெயினின் வேறு பகுதிகளில் வாழ்ந்த மொரிஸ்கோக்கள் ஸ்பானிய மொழியையே அரபு எழுத்தில் எழுதி மறைத்துவைத்திருந்தார்கள் என்றேன். 1884இல் அரகோன் பகுதியில் அல்மொனாசித் என்ற சிற்றூரில் ஒரு பழைய வீட்டை இடித்தபோது, பொய்த் தளத்துக்கடியில் கட்டுக்கட்டாய் அத்தகைய கையெழுத்து நூல்கள் வெளிப்பட்டன. அதைச் சொல்லும்போதே எனக்கு வேறொன்று நினைவில் தட்டியது. நம்மவரும் தமிழை அரபு எழுத்தில் எழுதினார்களே! அரபியில் இல்லாத தமிழ் ஒலிகளுக்குப் புள்ளிகள் கூட்டி எழுத்தமைத்து, பெண்கள்கூட வீட்டிலிருந்தே ஓதி அறியும்படி மார்க்க நூல்களை எழுதினார்கள். கீழக்கரை மாப்பிள்ளை லெப்பை ஆலிம் அவர்களின் ‘மகானீ’ பல இல்லங்களில் இருந்த நூல். அதைச் சொன்னேன்.

“நம்ம எழுத்தை யாரு தடை செஞ்சாங்க?” என்றாள்.

ஒருவரும் செய்யவில்லை என்றேன். அவள் மேலும் ஏதும் கேட்கவில்லை. எனக்குத்தான் அன்றிரவு உறக்கம் வரவில்லை. அவர்கள் நாற்பதாண்டுக்கு 80,000 பொற்காசுகள் கொடுத்தார்கள்.

ஊர் திரும்பிய மறுநாள், பெட்டகத்தின் அடித்தட்டில் பழைய வேட்டியில் சுற்றிக் கிடந்த புத்தகத்தை வெளியே எடுத்தேன். என் உம்மாவின் தாயார் வைத்திருந்தது. சட்டங்களும் கை வைத்தியக் குறிப்புகளும் அரபுத் தமிழில் எழுதியது. ஓரங்களைக் கறையான் அரித்திருந்தது. அல்ஹம்ராவின் சுவரை மடமடவென்று படித்துக் காட்டிய நான், மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு முதல் வரியில் உட்கார்ந்தேன். எழுத்தெழுத்தாய்க் கூட்டி, ஒரு சொல்லை அடைய நெடுநேரம் ஆயிற்று. சுக்கு என்றிருந்தது.