மன்றத்துச் சாவியை வாங்கு தம்பி

உங்கள் ஊர் இளைஞர் மன்றத்துச் சாவி யாரிடம் இருக்கிறது தம்பி?

எனக்குத் தெரியும். முன்னாள் செயலாளர் வீட்டு நிலைக்கு மேல், தினசரி காலண்டருக்குப் பின்னால் ஓர் ஆணியில் தொங்கும். பொங்கலுக்கு ஒருமுறை கீழே இறங்கும். உறியடிக்கும் மைக்செட்டுக்கும் வசூல் நோட்டு எடுக்கக் கதவைத் திறப்பீர்கள். உள்ளே ஒரு கேரம்போர்டு, நாலு மூலையிலும் வலை கிழிந்தது. காற்றுப்போன ஒரு வாலிபால். சுவரில் உறுப்பினர் பெயர்ப் பலகை. அதில் பாதிப்பேர் திருப்பூரில், மீதிப்பேர் சிங்கப்பூரில். அந்தச் சுவருக்குப் பின்னால், எட்டிப்பார்க்கும் தூரத்தில், கருவேல் முளைத்துத் தரிசாய்க் கிடக்கிறது நிலம்.

சுவருக்கு இந்தப் பக்கம் மன்றம். அந்தப் பக்கம் நிலம். இரண்டும் சும்மாவே கிடக்கின்றன.

"விவசாயமா? அது எங்க ரத்தத்துலயே ஊறினது சார்" என்று மார்தட்டும் பையன்களை நிறையப் பார்த்துவிட்டேன். அவர்களிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்பேன். உங்க வயலுக்கு எந்த மதகுலேர்ந்து தண்ணி வருது? முழிப்பார்கள். ரத்தத்தில் இருப்பது சர்க்கரையும் உப்பும்தான் தம்பி. உழவு ரத்தத்தில் வராது. கற்றுக்கொண்டால்தான் வரும். கற்றுக்கொள்ளாதவன் விவசாயி மகனாக இருந்தாலும், நிலம் அவனை வெளியூர்க்காரனாகத்தான் பார்க்கும்.

நான் மட்டும் என்ன யோக்கியம்? பட்டம் வாங்கி ஊர் திரும்பிய புதிதில், அப்பாவுக்கு உடம்பு முடியாத ஒரு நாள், நானே தண்ணீர் கட்டப் போனேன். சாயங்காலம் மடையைத் திறந்து, வயல் நிரம்பியதும் அடைத்துவிட்டு, ராஜா மாதிரி வீட்டுக்கு வந்து படுத்தேன். விடிந்து போய்ப் பார்த்தால் என் வயல் வற்றிக் கிடக்கிறது, கீழ்வயல் ததும்புகிறது. திருட்டுத்தண்ணி! நேரே கீழ்வயல்காரரிடம் சண்டைக்குப் போனேன். அந்தப் பெரியவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். பதில் பேசவில்லை. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, வரப்போரமாகத் தண்ணீரில் இறங்கி, பாதத்தால் தடவிக்கொண்டே நடந்தார். ஓரிடத்தில் நின்றார். குனிந்து முழங்கை வரை கையை விட்டார். வெளியே வந்த விரலைக் கவ்விக்கொண்டு ஒரு வயல் நண்டு. அதன் வளை வரப்பை ஊடுருவி அந்தப் பக்கம் போயிருந்தது. ராத்திரி முழுக்க என் தண்ணீர் அந்த வழியாக இறங்கியிருக்கிறது. சேற்றை அள்ளி, புல்லோடு சேர்த்து உருட்டி வளைக்குள் திணித்து, குதிகாலால் மூன்று மிதி மிதித்தார். "தண்ணி கட்டுனா வரப்பையும் ஒரு நடை பாத்துட்டு வரணும் தம்பி" என்றார். அவ்வளவுதான்.

பதினைந்து வருடம் படித்தவன் ஒரு நண்டிடம் தோற்றிருந்தேன். தெரியவில்லை என்று வாய்விட்டு ஒத்துக்கொண்ட அந்தக் காலையில்தான் எனக்கு விவசாயம் ஆரம்பமானது. உனக்கும் அங்கேதான் ஆரம்பம். "எனக்குத் தெரியாது, கத்துக்குடுங்க" என்று சொல்ல முதுகெலும்பு வேண்டும். தெரிந்த மாதிரி நடிக்க அது தேவையில்லை.

"எங்கப்பா வயல்ல கைவைக்க விடமாட்டேங்கிறார்" என்பாய். அவர் விடாததில் நியாயம் இருக்கிறது. 2015-16 வேளாண் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டில் ஒரு விவசாயிக்குச் சராசரியாக 0.75 எக்டேர் நிலம்தான். முழுசாய் இரண்டு ஏக்கர்கூட இல்லை. அதில் ஒரு போகம் தவறினால் அம்மாவின் சங்கிலி அடகுக்கடைக்குப் போகும். அந்த வயலில் உன்னை விளையாட விடுவாரா? மன்றம் என்று ஒன்று இருப்பது இதற்காகத்தான். இருபது பேர் சேர்ந்து பத்து சென்ட் நிலத்தைக் குத்தகைக்குப் பிடியுங்கள். தஞ்சாவூர்க் கணக்கில் ஏறக்குறைய முப்பது குழி. அதில் தோற்றால் என்ன ஆகிவிடும்? டீக்கடையில் ஒரு வாரம் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். அப்பாவால் வாங்க முடியாத தோல்வியை நீங்கள் இருபது பேரும் பங்குபோட்டு மலிவாக வாங்குகிறீர்கள்.

இது என் சொந்தச் சரக்கு இல்லை. அமெரிக்காவில் ஒஹையோ மாநிலத்தில் கிரஹாம் என்ற பள்ளிக் கண்காணிப்பாளர் 1902 ஜனவரியில் ஏறத்தாழ முப்பது பிள்ளைகளைக் கூட்டி ஒரு மன்றம் தொடங்கினார். லிட்மஸ் காகிதத்தை வைத்து அப்பாவின் நிலத்து மண் புளிப்பா உவரா என்று பிள்ளைகள் பார்த்தார்கள். அங்கேயும் பெரியவர்கள் பழைய முறையை விடவில்லை. மகன் தனியாக ஒரு ஏக்கரில் மக்காச்சோளம் போட்டுக் காட்டியபோதுதான் அப்பாக்கள் வேலிக்கு அந்தப் பக்கம் நின்று எட்டிப்பார்த்தார்கள். 1910-ல் தென் கரோலினாவில் ஜெர்ரி மூர் என்ற பள்ளிச் சிறுவன் ஒரே ஏக்கரில் 228 புஷல் மக்காச்சோளத்துக்கு மேல் எடுத்தான். நம் கணக்கில் சுமார் 5,800 கிலோ. ஊரே வாயைப் பிளந்தது. அதே ஆண்டு, அதே மாநிலத்தில், மேரி குரோமர் என்ற ஆசிரியை பெண்பிள்ளைகளுக்குத் தக்காளி மன்றம் வைத்தார். ஆளுக்கு எவ்வளவு நிலம் தெரியுமா? ஏக்கரில் பத்தில் ஒரு பங்கு. நம்முடைய அதே பத்து சென்ட்! பயிரிட்டு, பறித்து, டின்னில் அடைத்து விற்றுக் காசு பார்த்தார்கள் அந்தப் பெண்கள்.

இங்கே ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். நம் ஊரில் நடவு நடுவதும் களை எடுப்பதும் பெரும்பாலும் பெண்கள். மன்றத்தில் மட்டும் அவர்களுக்கு ஒரு நாற்காலி கிடையாது. நாற்றின் வேர் அறாமல் பிடுங்குவது எப்படி, எத்தனை விரல் ஆழத்தில் ஊன்றுவது என்று உனக்குச் சொல்லித்தர வேண்டியவர் உன் அத்தைதான். முதலில் அவரை உள்ளே அழைத்து உட்காரவை. உன் தங்கை பெயரையும் பலகையில் எழுது.

வெள்ளைக்காரன் கதை எதற்கு என்கிறாயா? சரி, உன் தாத்தா கதைக்கு வா. 1960களின் நடுவில் ஆடுதுறை ஆராய்ச்சி நிலையத்திலிருந்து ஏ.டி.டி. 27 என்ற குறுவை நெல் வந்தது. திருச்சி வானொலி அதைப் பற்றித் திரும்பத் திரும்பச் சொன்னது. எழுத்துக்கூட்டிப் படிக்கத் தெரியாத விவசாயிகூட விதை வாங்கப் போய், "அந்த ரேடியோ நெல்லு இருக்கா?" என்று கேட்டார். தஞ்சைப் பக்கம் அதற்குப் பெயரே ரேடியோ நெல் ஆகிப்போனது. அந்த மனிதர்கள் கேட்டார்கள், நட்டார்கள், பார்த்தார்கள். உன் கையில் இருக்கும் போனில் உழவன் செயலி இருக்கிறது. நீ ரீல்ஸ் தள்ளிக்கொண்டிருக்கிறாய். நாட்டின் முதல் வேளாண் அறிவியல் நிலையம் 1974-ல் புதுச்சேரியில் தொடங்கியது. இன்று நாடு முழுக்க எழுநூறுக்கு மேல் இருக்கின்றன. கிராமத்து இளைஞர்களுக்குப் பயிற்சி தருவது அவற்றின் வேலைகளில் ஒன்று. உன் மாவட்டத்தில் அது எந்தச் சாலையில் இருக்கிறது? ஒருநாளாவது போயிருக்கிறாயா?

விதைக்குக் காசில்லை என்று மட்டும் சொல்லிவிடாதே. திருத்துறைப்பூண்டிப் பக்கம் ஆதிரெங்கத்தில் நெல் ஜெயராமன் ஒரு விதைத் திருவிழா நடத்தினார். வருகிறவருக்கு இரண்டு கிலோ பாரம்பரிய விதைநெல் கொடுப்பார். அடுத்த வருடம் நாலு கிலோவாகத் திருப்பித் தர வேண்டும். வேறு நிபந்தனை இல்லை. இந்த இரண்டுக்கு நாலு கணக்கிலேயே 170-க்கும் மேற்பட்ட ரகங்களை ஊர் ஊராகப் பரப்பிவிட்டு 2018 டிசம்பரில் ஐம்பது வயதில் போய்ச்சேர்ந்தார். அவர் கணக்கை ஒரு மன்றம் எடுத்து நடத்த முடியாதா?

முதல் வேலை மண். உரக்கடைக்காரர் சொல்வதை வைத்து உரம் போடாதே. வரப்போரம், மரநிழல், எருக்குவியல் கிடந்த இடம் எல்லாம் விட்டுவிட்டு ஏழெட்டு இடத்தில் மேல்புல்லைச் செதுக்கி, மண்வெட்டியால் 'வி' மாதிரி அரையடி ஆழம் வெட்டு. வெட்டின பக்கத்தில் மேலிருந்து கீழாக ஒரே கனத்தில் மண்ணைச் சுரண்டு. எல்லாவற்றையும் கலந்து பரப்பி, நாலாகப் பிரித்து, எதிரெதிர்ப் பங்கைத் தள்ளு. அரைக்கிலோ மிஞ்சும்வரை இதையே செய். நிழலில் உலர்த்திப் பரிசோதனைக்குக் கொண்டுபோ. வெறும் அரைநாள் வேலை. இருபது பேரில் ஒருவன் கையிலாவது அன்றைக்குக் கொப்புளம் வரும். அவனைச் செயலாளர் ஆக்குங்கள்.

அப்புறம் நோட்டு. வசூல் நோட்டின் பின்பக்கம் நிறையத் தாள் காலியாக இருக்கும். உழவுக் கூலி, விதை, எரு, உங்கள் சொந்த உழைப்புக்கும் ஒரு கூலி, ஒன்று விடாமல் எழுதுங்கள். பயிர் லாபமா நட்டமா என்று கையில் கணக்கு வைத்திருக்கிற விவசாயி அபூர்வம். நட்டம் வந்தாலும் எழுதுங்கள். எந்த இடத்தில் வந்தது என்று அடுத்த ஆளுக்குத் தெரியட்டும். விவசாயம் பார்க்கிறவனுக்குப் பெண் கொடுக்க மாட்டேன் என்கிறார்களா? பிழைப்பு நடக்குமா என்ற பயத்தில் சொல்கிறார்கள். அவர்கள் முன்னால் அந்த நோட்டை விரித்துவை.

வேலையை விட்டுவிட்டு வா என்று நான் சொல்லவில்லை. கம்பெனிக்குப் போகிறவன் போய்க்கொண்டே இரு. ஞாயிற்றுக்கிழமை காலை இரண்டு மணி நேரம் மன்றத்துக்குக் கொடு. போன ஞாயிறு அந்த இரண்டு மணி நேரம் எங்கே போனது என்று உனக்கே தெரியாது.

இன்றைக்குச் செய்ய ஒரு வேலை சொல்கிறேன். வீட்டுக் குதிரிலோ பக்கத்து வீட்டு மூட்டையிலோ ஒரு பிடி விதைநெல் கேட்டு வாங்கு. நூறு நெல்லை எண்ணி எடு. ஈரச்சாக்கில் வரிசையாகப் பரப்பிச் சுருட்டி, காயாமல் தண்ணீர் தெளித்து வா. ஒரு வாரம் கழித்துப் பிரித்து, முளைத்ததை எண்ணு. சான்று விதை என்றால் நூற்றுக்கு எண்பதாவது முளைக்க வேண்டும். உன் சாக்கில் எத்தனை முளைத்தது என்ற எண்ணிக்கையை எடுத்துக்கொண்டு முன்னாள் செயலாளர் வீட்டுக்குப் போய், சாவியைக் கேள்.