யார் போட்ட உப்பு?

குயிலாப்பாளையத்துச் செம்மண் மேட்டிலிருந்து இறங்கி, கிழக்குக் கடற்கரைச் சாலையைப் பிடித்து வடக்கே போனால், காலாப்பட்டைத் தாண்டிக் கீழ்ப்புத்துப்பட்டு வரும். ஈழத்திலிருந்து வந்தவர்களின் முகாம் அங்கே இருக்கிறது. அதே சாலையில் இன்னும் போனால் மரக்காணத்து உப்பளங்கள். உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்பார்கள். உண்ட வீட்டுக்கு இரண்டகம் செய்தவனைத் தமிழர்கள் எளிதில் மன்னிப்பதில்லை. அந்த முகாமுக்குள் இருக்கும் வரலாறோ இந்தப் பழமொழியைச் சங்கடப்படுத்துகிறது. இளமையைக் கொடுத்துச் சேர்ந்த இயக்கம் கேள்வி கேட்காமல் பணியச் சொல்கிறது. கண்ணெதிரே கொடுமையும் செய்கிறது. அப்போது வாயைத் திறப்பவன் நன்றி கெட்டவனா?

1983 ஜூலைக் கலவரத்துக்குப் பின் ஈழத்துப் பையன்கள் படகு படகாக இந்தக் கரைக்கு வந்தார்கள். பல இயக்கங்கள், தமிழ்நாடெங்கும் பயிற்சி முகாம்கள். அவற்றில் ஒன்று, புலிகள் இயக்கத்திலிருந்து பிரிந்த உமாமகேசுவரன் 1980இல் தொடங்கிய புளொட். ஒரத்தநாட்டை ஒட்டியிருந்த அதன் முகாம்களில், ஏன் இன்னும் ஆயுதம் வரவில்லை, ஏன் இவனை அடிக்கிறீர்கள் என்று கேட்டவர்களெல்லாம் உளவாளிகள் ஆனார்கள். சித்திரவதை நடந்தது, கொலையும் நடந்தது. சிங்கள ராணுவத்தை எதிர்க்கப் புறப்பட்ட பிள்ளை, அந்த ராணுவத்தைப் பார்க்காமலே, கூட உண்டவன் கையால் தஞ்சாவூர் மண்ணில் செத்தான். 1985இன் தொடக்கத்தில் சிலர் வெளியேறினார்கள். பின்னால் தீப்பொறி என்று அறியப்பட்டவர்கள் அவர்கள். அவர்களில் ஒருவர் கோவிந்தன் என்ற புனைபெயரில், உள்ளே நடந்ததை 'புதியதோர் உலகம்' என்ற நாவலாக அதே ஆண்டில் எழுதினார். இயக்கத்தின் முன்னணியில் இருந்து விலகிய சந்ததியார் அந்த ஆண்டிலேயே தமிழ்நாட்டில் கடத்திக் கொல்லப்பட்டார். கோவிந்தனைப் பின்னாளில் புலிகள் பிடித்துப் போனார்கள். அவர் திரும்பி வரவில்லை.

வெளியேறுகிறவர்களிடம் எப்போதும் சொல்லப்படும் வாதம் ஒன்று உண்டு: இப்போது பேசினால் எதிரிக்குத்தான் லாபம். இதை அற்பமான வாதம் என்று தள்ளிவிட முடியாது. யாழ்ப்பாண நூலகம் 1981இல் எரிந்தது. இரண்டே ஆண்டில் கொழும்பில் தமிழர்களைத் தெருவில் வைத்துக் கொளுத்தினார்கள். அப்படிப்பட்ட அரசின் கையில் நம் வீட்டுக் குறையை எடுத்துக் கொடுப்பதா என்று ஒருவர் தயங்கினால், அந்தத் தயக்கத்தில் நேர்மை இருக்கிறது. ஆனால் இந்த வாதத்துக்குக் காலக்கெடு என்று ஒன்று இருந்ததே இல்லை. சண்டை நடக்கும்போது பேசாதே என்றார்கள். பேச்சுவார்த்தை நடக்கும்போது குலைக்காதே என்றார்கள். 2009 மே மாதம் போர் முடிந்தபின், செத்தவர்களைப் பற்றியா பேசுவது என்றார்கள். உண்மையைச் சொல்ல ஒரு நாளும் நல்ல நாளாக அமையவில்லை என்றால், அந்தத் தடையால் காக்கப்பட்டது யார் என்று கேட்கத்தான் வேண்டும்.

உப்புக் கடனையும் இங்கேதான் கணக்குப் பார்க்க வேண்டும். பெடியளுக்குச் சோற்றுப் பார்சல் கட்டிக் கொடுத்தது யாழ்ப்பாணத்து வீடுகள். கழுத்துச் சங்கிலியைக் கழற்றிக் கொடுத்தது அங்கிருந்த தாய்மார்கள். அந்த உப்புக்குப் போராளி பட்ட கடன் தலைமையிடம் போய்ச் சேருவது எப்படி? மகனைக் கொடுத்தவளிடம் "உன் மகனை நாங்களே கொன்றோம்" என்று சொல்லாமல் மறைப்பதுதான் உண்மையான இரண்டகம். துரோகி என்ற சொல்லைக் கையில் வைத்திருந்தவர்கள் அந்தக் கணக்கைத் தலைகீழாக எழுதிவிட்டார்கள்.

ராஜினி திராணகம கடனைச் சரியான இடத்தில் கண்டவர். மருத்துவர், காயம்பட்ட போராளிகளுக்கு மருந்திட்டவர், லண்டனில் இருந்தபோது புலிகளுக்காக வேலை செய்தவர். நம்பிக்கை கசந்தபின் ஊர் திரும்பி, யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் உடற்கூற்றியல் கற்பித்தார். சக ஆசிரியர்கள் மூவருடன் சேர்ந்து 'முறிந்த பனை' எழுதினார். இலங்கை ராணுவம் செய்ததும், இந்திய அமைதிப்படை செய்ததும், இயக்கங்கள் செய்ததும் அந்த ஒரே நூலில் பதிவாயின. ஒரு தரப்பை மட்டும் எழுதியிருந்தால் மறு தரப்பு அவரைத் தாங்கிப் பிடித்திருக்கும். 1989 செப்டம்பர் 21 அன்று பல்கலைக்கழகத்திலிருந்து சைக்கிளில் வீடு திரும்பும் வழியில் சுடப்பட்டார். வயது 35. உடன்பிறந்தவரும் தோழர்களும் புலிகளையே குற்றம்சாட்டினார்கள்.

விலகிய எல்லோரும் இந்த வழியில் போகவில்லை. ஒரு தலைமையின் பிடியிலிருந்து தப்பிய சிலர், பழைய தோழர்களை ராணுவத்துக்கு அடையாளம் காட்டும் வேலையில் போய் நின்றார்கள். உயிர் தப்ப வேறு வழி தெரியாதவர்களும் அவர்களில் இருந்திருப்பார்கள். ஆனாலும் முன்பு செய்தது போலவே, சொன்னதைச் செய்தார்கள். இன்னும் பெரும்பாலானோர் ஒன்றும் பேசாமல் கடல் கடந்து போனார்கள். ஊரில் தாயும் தங்கையும் இருக்க, வாய் மூடியவரைக் குறை சொல்ல யாருக்கும் யோக்கியதை இல்லை. தாயும் தங்கையும் பாதுகாப்பாக வந்து சேர்ந்து, முப்பது ஆண்டு கடந்தும், புலிகளின் மாவீரர் நாள் மேடையில் அதே பழைய கதையைக் கேட்டுக் கை தட்டுகிறவரின் மௌனம் வேறு வகை.

தமிழ்நாட்டுக் கட்சிகளும் பணிவைக் கேட்காதவை அல்ல. 1949இல் திராவிடர் கழகத்தை விட்டுப் போனவர்களைப் பெரியார் 'கண்ணீர்த்துளிகள்' என்று ஏளனம் செய்தார். 1961இல் ஈ.வெ.கி. சம்பத்தோடு தி.மு.க.வை விட்டு வெளியேறிய கண்ணதாசன் 'வனவாசம்' எழுதினார், வசவு வாங்கினார். ஆனால் போனவர்கள் உயிரோடு இருந்தார்கள். 1967இல் வென்ற அண்ணாதுரை திருச்சிக்குப் போய்ப் பெரியாரைப் பார்க்க முடிந்தது. பதினெட்டு ஆண்டுப் பிளவுக்குப் பின்னும் தட்டுவதற்கு ஒரு கதவு இருந்தது.

ஒரத்தநாட்டில் அந்தக் கதவு இல்லை. அது யாழ்ப்பாணத்தில் நடந்த சங்கதி என்று இந்தக் கரை கை கழுவவும் முடியாது. நிலம் இங்கே, தண்ணீர் இங்கே, முகாமுக்குப் போன அரிசியும் இங்கே விளைந்தது. மேடையில் நின்று இந்த இயக்கம், அந்த இயக்கம் என்று பங்கு பிரித்துக்கொண்ட தலைவர்களும் இங்கேதான் இருந்தார்கள். வயலுக்கு அப்பால் புதைக்கப்பட்ட பிள்ளைகளின் பெயர்களைக் கேட்டுத் தொகுக்க, நாற்பது ஆண்டில் இங்கே எந்த அரசும் எந்தக் கட்சியும் முன்வந்ததாகத் தெரியவில்லை. கீழ்ப்புத்துப்பட்டு போன்ற முகாம்களில் முதியவர்கள் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள். எந்தப் பையன் எந்த இயக்கத்துக்குப் போனான், கடைசிக் கடிதம் எந்த ஊரிலிருந்து வந்தது என்பதைச் சொல்லக்கூடியவர்கள் அவர்களே.