வேண்டுமட்டும்

எலிகளை வைத்துச் செய்த எந்த ஆய்வுக் கட்டுரையை எடுத்தாலும் செய்முறைப் பகுதியில் ஒரு வாக்கியம் கட்டாயம் இருக்கும். இத்தனை வார வயதுள்ள இத்தனை எலிகள், பன்னிரண்டு மணி நேரம் வெளிச்சம், பன்னிரண்டு மணி நேரம் இருட்டு, உணவும் நீரும் அட் லிபிடம். அவ்வளவுதான். அடுத்த வரியில் மருந்து வந்துவிடும். பஸ் டிக்கெட்டின் பின்புறத்தில் அச்சடித்திருப்பதைப் போல, இருக்க வேண்டும் என்பதற்காக இருக்கும் வாக்கியம் அது.

எனக்கு அது கண்ணில் பட்டது ஒரு எக்செல் கோப்பில். மருந்தியலில் ஆய்வு செய்யும் நண்பர் ஒருவர் தன் தரவை வரைபடமாக்க ஒரு சின்ன நிரல் எழுதித் தரச் சொன்னார். குழுவின் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் சிலவற்றுக்கு ‘ஏ.எல்.’, சிலவற்றுக்கு ‘சி.ஆர்.’ என்று இருந்தது. “சி.ஆர்.னா கலோரியைக் குறைச்சுக் கொடுத்தது. ஏ.எல்.னா அட் லிபிடம். அது ஒண்ணுமில்ல, எப்பவும் போல, நார்மல்” என்றார். நிரல் எழுதிப் பிழைப்பவனிடம் ‘ஒண்ணுமில்ல, நார்மல்’ என்று சொன்னால் உடனே சந்தேகம் வரும். எங்கள் தொழிலில் பிழைகள் பெரும்பாலும் யாரும் தொடாத டீஃபால்ட் மதிப்புகளில்தான் குடியிருக்கின்றன.

அட் லிபிடம் லத்தீன் சொல். ‘விருப்பப்படி’ என்று பொருள். இசைக்குறிப்பில் இதை எழுதினால் அந்த இடத்தை வாசிப்பவர் தன் இஷ்டத்துக்கு வாசித்துக்கொள்ளலாம். எழுதி வைக்காததை மேடையில் அடித்துவிடுவதை நாம் ‘அட் லிப்’ என்பதும் இதிலிருந்து வந்ததுதான். ஆய்வுக்கூடத்தில் இதன் பொருள் ரொம்ப எளிது. கூண்டின் மூடியில் ஒரு கம்பித் தொட்டி, அதில் உருண்டைத் தீவனம், தீர்வதற்கு முன்னால் ஒருவர் வந்து நிரப்பிவிடுவார். எலி எப்போது வேண்டுமானாலும் வந்து கொறிக்கலாம்.

இதற்கு எதிரே வேறு முறைகள் இருக்கின்றன. அளந்து குறைத்துக் கொடுப்பது ஒன்று. ஜோடி ஊட்டல் என்று ஒன்று: ஒரு எலி நேற்று எவ்வளவு தின்றது என்று எடைபோட்டு, அதே அளவை இன்று இன்னொரு எலிக்கு வைப்பார்கள். மருந்து போட்ட எலிக்குப் பசி குறைந்தால் மருந்தே போடாத எலியும் சேர்ந்து குறைத்துக்கொள்ள வேண்டியதுதான். பிறகு கவாஜ்: குழாயைத் தொண்டை வழியே விட்டு நேராக இரைப்பையில் இறக்குவது. பிரான்சில் வாத்தின் ஈரலைக் கொழுக்க வைக்கச் செய்வதற்கும் அதே பெயர்தான்.

அட் லிபிடம் என்றால் நிறையப் போடுவது என்று நினைத்துக்கொள்பவர்கள் உண்டு. அப்படியில்லை. வளர்ந்த சுண்டெலி ஒரு நாளில் தின்பது மூன்றிலிருந்து ஐந்து கிராம். அதற்கு நாலு கிராம் தேவைப்பட்டால் நாலு, அஞ்சு தேவைப்பட்டால் அஞ்சு. மிச்சத்தை எடைபோடாவிட்டால் அது எவ்வளவு தின்றது என்பதே நமக்குத் தெரியாது. ஆக, எலியைப் பற்றி அந்தச் சொல் ஒன்றும் சொல்வதில்லை. நாம் அதைத் தடுக்கவில்லை என்பதை மட்டும் சொல்கிறது. ‘எலியின் விருப்பம்’ என்று எழுதியிருப்பது உண்மையில் ஊட்டுகிறவரின் நடத்தைச் சான்றிதழ்.

தமிழில் இதற்கு ‘வேண்டுமட்டும்’ என்று சொல்லலாம் என்று தோன்றுகிறது. அதில் ஒரு ‘மட்டு’ இருக்கிறது, அதாவது ஓர் எல்லை. வேண்டுதல் எங்கேயோ முடியும் என்ற நம்பிக்கை அந்தச் சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. லத்தீனில் அது இல்லை. ஆனால் லத்தீனில் வேறொன்று இருக்கிறது. லிபிடம் ‘லிபெட்’ என்ற வினையிலிருந்து வந்தது, லிபிடோவும் அந்தக் குடும்பம்தான். அந்த வினைக்கு ‘நான்’ எழுவாயாக வராது. ‘எனக்கு’ என்றுதான் வரும். தமிழ் பேசுபவனுக்கு இதை விளக்கவே வேண்டாம். எனக்குப் பசிக்குது, எனக்குப் பிடிக்கும், எனக்கு வேணும், எனக்குப் போதும். நான் பசியைச் செய்வதில்லை, பசி எனக்கு வருகிறது. விருப்பம் வந்து இறங்கும் திண்ணைதான் நான். ‘நான் விரும்புகிறேன்’ என்று மேடையில் சொல்லலாம், வீட்டில் யாரும் சொல்வதில்லை. இலக்கணத்திலிருந்து தத்துவத்தைக் கறப்பது ஆபத்தான வேலை என்று தெரியும். ஆனாலும் இந்த ஒரு விஷயத்தில் நான்காம் வேற்றுமை சரியாகத்தான் சொல்கிறது என்று நினைக்கிறேன். விருப்பம் வருகிறது என்றால் எங்கிருந்து வருகிறது என்று கேட்கலாம். ‘அது அவன் விருப்பம்’ என்று சொன்னால் அந்தக் கேள்வி அங்கேயே அடைபட்டுவிடும்.

1935-இல் அமெரிக்காவின் கார்னெல் பல்கலைக்கழகத்தில் கிளைவ் மெக்கேயும் அவருடைய சகாக்களும் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். கலோரியைக் குறைத்து வளர்ச்சியைத் தாமதப்படுத்திய எலிகள், வேண்டுமட்டும் தின்றவற்றைவிட அதிக காலம் வாழ்ந்தன. ‘குறைவாகத் தின்றால் ஆயுள் கூடும்’ என்று அது பிரபலமானது. நம் ஊரில் கேட்டால் வள்ளுவர் சாப்பாட்டு அளவை ‘மருந்து’ அதிகாரத்தில்தான் வைத்தார் என்று பெருமையாகச் சொல்வார்கள், வைத்தது உண்மைதான். ஆனால் அதே முடிவைத் திருப்பிப் போட்டும் படிக்கலாமே. நார்மல் என்று வைத்துக்கொண்ட எலி நார்மலே இல்லை என்றால்? தொட்டி நிறையத் தீவனம், ஓட இடமில்லை, தேட ஒன்றுமில்லை, வாழ்நாள் முழுக்க நான்கு சுவர். 2010-இல் மார்க் மேட்சன் உள்ளிட்ட ஆய்வாளர்கள் ஏறக்குறைய இதையேதான் எழுதினார்கள்: ஆய்வுக்கூடங்களின் ‘கட்டுப்பாட்டு’ எலிகள் வளர்சிதை மாற்றத்தில் நோயாளிகள், அவற்றை அளவுகோலாக வைத்து மருந்தை மதிப்பிடுவதை யோசிக்க வேண்டும் என்று. தின்பதில் எந்தக் கட்டுப்பாடும் இல்லாத குழுவுக்குக் கட்டுப்பாட்டுக் குழு என்று பெயர் வைத்த மொழிபெயர்ப்பாளரை நினைத்துக்கொண்டேன்.

குரங்குகளில் இது இன்னும் துலக்கமாகத் தெரிந்தது. ரீசஸ் குரங்குகளுக்கு உணவைக் குறைத்துப் பார்க்கும் இரண்டு நீண்ட ஆய்வுகள் அமெரிக்காவில் 1980-களின் இறுதியில் தொடங்கின. ஒன்று விஸ்கான்சினில், இன்னொன்று தேசிய முதுமை ஆய்வு நிறுவனத்தில். விஸ்கான்சின் குழு 2009-இல் பலன் இருக்கிறது என்றது. மற்றது 2012-இல் ஆயுள் கூடவில்லை என்றது. ஒப்பிட்டுப் பார்த்தபோது பல வேறுபாடுகள் தெரிந்தன. விஸ்கான்சின் தீவனத்தில் 28.5 சதவீதம் சர்க்கரை, மற்றதில் 3.9. அதைவிட முக்கியம், இரண்டாவது ஆய்வில் ‘குறைக்காத’ குரங்குகளுக்கும் உடல் பெருக்காத அளவுக்குப் பங்கு பிரித்துத்தான் கொடுத்திருந்தார்கள். எதோடு ஒப்பிடுகிறோம் என்பது மாறியதும் பலனின் அளவும் மாறிவிட்டது.

சுண்டெலிக்கு இன்னொன்றும் இருக்கிறது, குளிர். பெரும்பாலான ஆய்வுக்கூடங்களின் வெப்பநிலை 20-லிருந்து 24 டிகிரி. வெள்ளைக் கோட்டு போட்டு வேலை செய்பவருக்கு அது இதம். சுண்டெலிக்கோ 30 டிகிரிக்குப் பக்கத்தில்தான் சௌகரியம். அதற்குக் கீழே உடம்பைச் சூடாக வைத்திருக்கவே அது கூடுதலாகத் தின்ன வேண்டும். ‘விருப்பப்படி’ தின்ற நாலு கிராமில் எவ்வளவு அதன் விருப்பம், எவ்வளவு ஏசி ரிமோட்டைக் கையில் வைத்திருப்பவரின் விருப்பம்? (எலிகளுக்குப் பூங்கா கட்டிக் கொடுத்ததும் மார்ஃபினை ஒதுக்கிவிட்டன என்ற பழைய பரிசோதனையை இந்த இடத்தில் சாட்சிக்கு அழைப்பது வழக்கம். நான் அழைக்கவில்லை. பின்னால் அதைத் திரும்பச் செய்தவர்களுக்கு முடிவு ஒரே மாதிரி வரவில்லை.)

மனிதன் எலி இல்லையே, அவனுக்குப் புத்தி இருக்கிறதே என்று கேட்கலாம். 2019-இல் அமெரிக்கத் தேசிய சுகாதார நிறுவனத்தில் கெவின் ஹால் குழுவினர் இருபது பேரை ஆய்வு வார்டிலேயே தங்க வைத்தார்கள். இரண்டு வாரம் ஆலையில் மிகையாகப் பதப்படுத்திய உணவு, இரண்டு வாரம் அப்படிப் பதப்படுத்தாத உணவு. தட்டில் வைத்த கலோரி, சர்க்கரை, கொழுப்பு, நார்ச்சத்து எல்லாம் இரண்டிலும் கூடுமானவரை சமம். எவ்வளவு வேண்டுமோ அவ்வளவு சாப்பிடுங்கள் என்று சொல்லிவிட்டார்கள். அந்தக் கட்டுரையின் தலைப்பிலேயே அட் லிபிடம் இருக்கிறது. முதல் வகை உணவின்போது ஒரு நாளைக்குச் சுமார் 500 கலோரி கூடுதலாக உள்ளே போனது. சராசரியாக 0.9 கிலோ ஏறினார்கள், மற்ற இரண்டு வாரத்தில் அதே அளவு இறங்கினார்கள். எனக்கு இதில் முக்கியமாகப் படுவது வேறு. எது பிடித்தது என்று கேட்டபோது இரண்டுக்கும் கிட்டத்தட்ட ஒரே மதிப்பெண்தான் போட்டார்கள். பிடித்தம் அப்படியே இருக்கிறது, ‘போதும்’ மட்டும் நகர்ந்துவிட்டது. எந்த விருப்பப்படி அந்த 500 கலோரியைத் தின்றார்கள்?

1944-இல் மினசோட்டா பல்கலைக்கழகத்தில் ஆன்செல் கீஸ் செய்ததையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். போருக்குப் போக மனசாட்சி இடம் தராத 36 இளைஞர்கள் ஆறு மாதம் அரைப்பட்டினி கிடந்தார்கள். பிறகு படிப்படியாக உணவைக் கூட்டி, கடைசியில் எஞ்சி இருந்த சிலருக்குக் கட்டுப்பாட்டை எடுத்துவிட்டபோது வயிறு கொள்ளாத அளவு தின்றும் பசி அடங்கவில்லை என்றவர்கள் இருந்தார்கள். அவர்களுக்கு முன்னால் இருந்தது திறந்த சமையலறைதான், பூட்டு இல்லை. ஆனால் பசி போன வருஷத்திலிருந்து வந்துகொண்டிருந்தது.

என் சித்தப்பா ஒரு அடுக்குமாடிக் குடியிருப்பில் இரவுக் காவல். சர்க்கரை வந்து பத்து வருஷம் ஆகிறது. ஒவ்வொரு தடவையும் டாக்டர் ரிப்போர்ட்டைப் பார்த்துவிட்டு “வாயைக் கட்டணும் பெரியவரே” என்பார். வீட்டுக்கு வந்தால் சித்தி அதையே இரண்டு மடங்கு சத்தமாகச் சொல்வாள். பிள்ளைகளும் சொல்வார்கள். அவர் உட்கார்ந்திருக்கும் கேட்டிலிருந்து பார்த்தால் ராத்திரி ரெண்டு மணிக்குத் திறந்திருப்பது ஒரே ஒரு டீக்கடை, அங்கே இருப்பது சர்க்கரை போட்ட டீயும் பன்னும். தூங்கக் கூடாது, படிக்க வெளிச்சம் இல்லை, பேச ஆள் இல்லை. “யாரும் உன் வாயில திணிக்கலையே” என்று சித்தி கேட்டபோது அவரிடம் பதில் இல்லை. திணிக்கவில்லைதான். குழாய் இருந்திருந்தால் எல்லோருக்கும் தெரிந்திருக்கும், நாலு பேர் அவர் பக்கம் பேசியிருப்பார்கள். கவாஜில் குற்றவாளி கண்ணெதிரே நிற்பார். அட் லிபிடத்தில் தின்றவன் மட்டும்தான் நிற்பான்.

இதற்காக எல்லோருக்கும் அளந்து கொடுத்துவிடலாம் என்று நான் சொல்லவரவில்லை. அளவை நிர்ணயிப்பதும் கூண்டுக்காரர்தானே. மெக்கேயின் எலிகள் நீண்ட நாள் வாழ்ந்தன என்பதோடு வளராமல் சிறுத்துக் கிடந்தன என்பதும் அதே கட்டுரையில் இருக்கிறது. அடுத்தவன் நிர்ணயித்த அளவு எப்படி இருக்கும் என்று ரேஷன் வரிசையில் நின்றவர்களைக் கேட்டால் தெரியும். பொதுவாக ‘உங்கள் விருப்பம்’ வசதியானவர்களுக்கும் ‘உங்கள் நன்மைக்கு’ இல்லாதவர்களுக்கும் சொல்லப்படுகிறது. சித்தப்பாவுக்கு ராத்திரியில் முதலாவது, பகலில் இரண்டாவது.

பந்தியில் நடப்பதை யோசித்துப் பார்க்கிறேன். அங்கேயும் வேண்டுமட்டும்தான். ஆனால் எதிரே வாளியோடு ஒருவர் நிற்கிறார். இன்னும் கொஞ்சம் என்கிறார், நாம் கையைக் குறுக்கே நீட்டுகிறோம், அவர் முகத்தைப் பார்க்கிறார். அளவு அந்த இரண்டு பேருக்கும் நடுவில் முடிவாகிறது. சில நேரம் கையை மீறியும் ஊற்றிவிடுவார்கள், அன்பின் கவாஜ் என்று அதைச் சொல்லலாம். அதைப் புனிதமாக்க எனக்கு ஆசையில்லை. ஆனாலும் கம்பித் தொட்டி யார் முகத்தையும் பார்ப்பதில்லை என்ற வித்தியாசம் இருக்கிறது.

என் துறையில் தொட்டிக்கு ஃபீட் என்றே பெயர். மாட்டுத் தீவனத்துக்கும் இங்கிலீஷில் அதே சொல்தான். விரலால் தள்ளத் தள்ள அடியில் நிரம்பிக்கொண்டே இருக்கும், தீர்வதற்கு முன்னால் வந்து நிரப்பும் அந்த ஊழியரின் வேலையை நாலு வரி நிரல் செய்கிறது. கூட்டங்களில் யாராவது கொஞ்சம் தயங்கினால் உடனே ஒரு பதில் வரும்: “யூசர்தானே ஸ்க்ரோல் பண்றார்?” உண்மைதான், அவர்தான் பண்ணுகிறார், அவர் விரல்தான். சித்தி கேட்ட கேள்வியும் இதுதான்.

விலங்காய்வுக்காரர்கள் இந்த விஷயத்தில் எங்களைவிட ஒரு படி முன்னால் இருக்கிறார்கள். அரைவ் என்ற வழிகாட்டி நெறிகள் 2010-இல் வந்தன, 2020-இல் திருத்தினார்கள். விலங்கு இருந்த சூழலையும் அதைப் பராமரித்த விதத்தையும் விவரமாக எழுதச் சொல்கின்றன அவை. இதைப் படித்துவிட்டு, எங்கள் தயாரிப்பின் அளவீட்டு அட்டவணையில் ‘பயனர் விருப்பம்’ என்ற தலைப்புக்குப் பக்கத்தில் நான்கு தலைப்புகளைச் சேர்த்து ஒரு கூட்டத்துக்கு எடுத்துப் போனேன். ராத்திரி எத்தனை மணி? பட்டியலுக்கு முடிவு உண்டா? அந்த நேரத்தில் அவருக்கு வேறு என்ன திறந்திருக்கிறது? நிறுத்தியபோது அவராக நிறுத்தினாரா, பேட்டரி தீர்ந்ததா? முதல் இரண்டுக்கும் எங்களிடமே தரவு இருந்தது. மூன்றாவதை எப்படி அளப்பது என்று பேசிக்கொண்டிருக்கும்போதே அடுத்த கூட்டத்துக்காரர்கள் கதவைத் தட்டினார்கள்.