கைபட்ட சோறு

பிறர் கைபட்ட சோற்றை உண்ணலாமா என்னும் வினா, நம் வாசகர்களுக்கு ஏட்டளவில் நிற்கும் வினா அன்று. நம் பாட்டன்மாரின் உள்ளங்கையில் எட்ட நின்று நீர் வார்த்தவர்களும், தேநீர்க் கடைக் கூரையின் இடுக்கிலே தனிக்குவளை செருகி வைத்தவர்களும் அவ்வினாவுக்குத் தம் விடையைச் சொல்லிப் போயினர். அவ்விடையை நாம் மறுத்தோம். மறுத்துத் தம்மத்தைச் சரணடைந்தோம். எனினும், ஒன்றை மறுப்பது வேறு. அது எங்ஙனம் பிழையாயிற்று என்று ஆராய்ந்தறிவது வேறு. 2023 ஆம் ஆண்டு நவம்பரில், டோக்கியோ நகரத்துச் சமையல் மேசை ஒன்றின் முன்னே ஈரக் கையோடு நின்றபோதுதான் அவ்வேறுபாடு நமக்கு உறைத்தது.

நாம் ஐவர் ஜப்பான் சென்றது நாரா, கியோத்தோ, காமக்கூரா ஆகிய ஊர்களின் விகாரைகளைக் காண்பதற்கே. பயணத்தின் கடைசி நாள் ஓய்வாக இருந்தது. நம்முடன் வந்த இளைஞர், சுக்கிஜிப் பகுதியில் தொடக்க நிலையினர்க்குச் சுஷி செய்யக் கற்பிக்கும் வகுப்பு ஒன்றில் ஐவர் பெயரையும் பதிந்துவிட்டார். விகாரை காணப் போனவர்களுக்கு மீன் சோறு பிடிக்கும் வித்தை எதற்கு என்று வாசகர் கேட்கலாம். நாமும் கேட்டோம். பணம் கட்டியாயிற்று என்று விடை வந்தது, போனோம்.

சுஷி என்றால் பச்சை மீன் என்றே நம்மிற் பலர் எண்ணியிருக்கின்றனர். அஃது உண்மையன்று. காடியும் சர்க்கரையும் உப்பும் கலந்த சோறே சுஷிக்கு உயிர். அதன்மேல் மீனும் இருக்கலாம், வெள்ளரிக்காயும் இருக்கலாம். முற்காலத்தில் உப்பிட்ட மீனைச் சோற்றுக்குள் புதைத்து மாதக்கணக்கில் புளிக்க வைத்து, சோற்றை எறிந்துவிட்டு மீனை மட்டும் உண்டார்கள். பீவா ஏரிக்கரையில் அப்பழைய முறை இன்றும் உண்டு. கையால் பிடித்த சோற்றின்மேல் மீன் துண்டை வைத்து அப்போதே நீட்டும் முறை, பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், எடோ என்று வழங்கிய இன்றைய டோக்கியோவின் தெருக்கடைகளில் பரவியது. கடைக்காரர் கையிலிருந்து உண்பவர் கைக்கு. இடையிலே இலையுமில்லை, கரண்டியுமில்லை. இன்றும் அதனைக் குச்சியால் எடாமல் விரலால் எடுத்து உண்பதை எவரும் குறையாகக் கருதுவதில்லை.

வகுப்பில் பன்னிருவர் இருந்தோம், பல நாட்டினர். ஆசிரியை ஐம்பது அகவை கடந்த அம்மையார். முதற்பாடம் மீனன்று, கை கழுவுதல். விரல் இடுக்கு, நகக்கண், மணிக்கட்டு என ஒவ்வொன்றையும் அவர் கழுவிக் காட்ட, நாங்கள் கழுவினோம். கழுவியபின் எவரேனும் முகத்தைத் தொட்டால், சிரித்துக்கொண்டே மறுபடியும் குழாயடிக்கு அனுப்பினார். நாம் இருமுறை அனுப்பப்பட்டோம்.

பிறகு சோறு. அகன்ற மரத்தொட்டியில் சூடான சோற்றைக் கொட்டிக் காடியைத் தெளித்து, மர அகப்பையால் பிசையாமல் வெட்டுவதுபோல் கிளறவேண்டும். ஒருவர் விசிறியால் வீசவேண்டும். சோறு மனித உடலின் வெப்பத்துக்கு ஆறி வரும்போது பிடிக்கத் தொடங்கலாம். உள்ளங்கையில் காடிநீரைத் தொட்டுக்கொள்ளாவிட்டால் சோறு முழுவதும் கையிலேயே ஒட்டிக்கொள்ளும். ஒரு துண்டுக்கு ஏறத்தாழ 20 கிராம் சோறு. அழுத்திப் பிடித்தால் கல்லாகும். தளரப் பிடித்தால் உதிரும். எடுத்தால் நிற்கவேண்டும், வாயில் இட்டால் அவிழவேண்டும். நம் வீடுகளில் பிடிகொழுக்கட்டை பிடித்துப் பழகிய கை எளிதில் வெல்லும் என்று நாம் எண்ணியிருந்தோம். நாம் பிடித்த முதல் மூன்றும் கொழுக்கட்டையாகவே இருந்தன. சோறு சமைக்க மூன்றாண்டு, சுஷி பிடிக்க எட்டாண்டு என்று அத்தொழிலாளரிடையே ஒரு பேச்சு உண்டாம். மூன்று மணி நேரத்தில் கற்க வந்த நம்மைப் பார்த்து ஆசிரியை அதைச் சொன்னது கேலிக்கா, ஆறுதலுக்கா என்று விளங்கவில்லை.

மீன் வந்தது. சூரை மீனின் செந்துண்டமும், இறாலும், கணவாயும். நம்முள் இருவர் முதற்சீலத்தை உன்னி வெள்ளரிக்காயும் முட்டை அடையும் போதும் என்றனர். ஆசிரியை மறுசொல்லின்றி எடுத்து வைத்தார். நாம் சூரைத் துண்டைத் தொட்டோம். குளிர்ந்து வழுக்கிற்று. கை தானே பின்வாங்கியது. இதற்கு நாம் வெட்கப்படவில்லை. பழகாத பொருளைத் தொடும் கைக்கு அஃது இயல்பு. வெட்கப்பட வேண்டியது பின்னால் வந்தது.

ஒவ்வொருவரும் தாம் பிடித்த முதல் நல்ல துண்டைத் தாமே உண்ணாமல் வலப்பக்கத்தவர்க்குக் கொடுக்கவேண்டும் என்று ஆசிரியை சொன்னார். நமக்கு இடப்புறம் நின்றவர் பருத்த உடலினர், நெற்றி வியர்த்திருந்தது. அவர் கை கழுவியதை நம் கண்ணால் கண்டோம். ஆயினும் அவர் நீட்டிய துண்டின்முன் நம் கை அரைக்கணம் நின்றது. அவர் அதைக் கவனித்தாரோ இல்லையோ, நாம் கவனித்தோம். கழுவிய கையென்று அறிவு சொல்லிற்று. அறியாத மனிதனின் கையென்று வேறேதோ ஒன்று சொல்லிற்று. அந்த வேறொன்று எது?

பொருளைக் கண்டு வருவது அருவருப்பு. ஆளைக் கண்டு வருவது தீட்டு. முன்னது நீரால் நீங்கும், பழக்கத்தால் தேயும். பின்னதற்குக் குழாயடி இல்லை; ஆயிரம் முறை கழுவினாலும் கழுவியவன் அவனேயன்றோ? ஆனால் தீட்டுப் பாராட்டுவோர் தம்மைத் தீட்டுப் பாராட்டுவோர் என்று சொல்லிக்கொள்வதில்லை. அழுக்கான பொருளைத் தொடுகிறான், ஆதலின் அவனைத் தொடோம் என்று அருவருப்பையே காரணமாகக் காட்டுகின்றனர். செத்த உயிரின் தோலை உரிக்கிறான், குருதியில் நிற்கிறான் என்பர். இக்காரணம் மெய்தானா என்று சோதிக்க, அந்த டோக்கியோ நகரைப்போல் வசதியான இடம் வேறில்லை.

சுக்கிஜியின் மொத்த மீன்சந்தை 2018 ஆம் ஆண்டு அக்டோபரில் தொயோசுவுக்கு மாறியது. அங்கே விடியற்காலை நடக்கும் சூரை மீன் ஏலத்தை அருகிருந்து காணப் பயணிகள் விண்ணப்பித்துக் குலுக்கலில் இடம்பெறக் காத்திருக்கின்றனர். 2019 ஆம் ஆண்டின் முதல் ஏலத்தில் 278 கிலோ எடையுள்ள ஒரே மீன் 33 கோடியே 36 இலட்சம் யென்னுக்குப் போயிற்று. வாளொத்த கத்தியால் அம்மீனைப் பிளப்பவரைச் சூழ்ந்து நின்று மக்கள் கைதட்டுவர். அங்கிருந்து சில கிலோமீட்டர் தொலைவில், ஷினகாவா நிலையத்தருகே, ஷிபவுரா இறைச்சிச் சந்தை இருக்கிறது. மாடும் பன்றியும் அறுபடும் இடம். அங்கே பணிபுரிவோரின் கத்தித் திறனும் குறைந்ததன்று. ஆனால் அவர்களுக்கு வந்தவை இழிசொல் நிறைந்த பெயரில்லாக் கடிதங்கள். அத்தொழிலும் அதைச் சார்ந்தோரும் படும் வேற்றுமையைப் பொதுமக்கள் அறிய அச்சந்தையிலேயே விளக்கக்கூடம் வைத்திருக்கின்றனர்.

இங்கும் சதை, அங்கும் சதை. இங்கும் குருதி, அங்கும் குருதி. ஒரு கைக்குக் கைதட்டல், ஒரு கைக்கு வசை. குருதிதான் காரணமென்றால் இவ்வேற்றுமை எவ்வாறு வந்தது? தோல் உரிப்போரையும் விலங்கு அறுப்போரையும் ‘எத்தா’ என்று, அழுக்கு மிக்கோர் என்னும் பொருளில், பிறப்பால் ஒதுக்கி வைத்தது அந்நாடு. 1871 ஆம் ஆண்டு ஆணை அப்பெயரை ஒழித்தது. ஒழிந்தது பெயர் மட்டுமே. 1922 ஆம் ஆண்டு மார்ச் 3 ஆம் நாள் கியோத்தோவில் அம்மக்களே கூடிச் ‘சுய்ஹெய்ஷா’ என்னும் சமநிலைச் சங்கத்தை நிறுவினார்கள். வேற்றுமை இன்னும் இருக்கிறது என்பதை ஒப்புக்கொண்டு 2016 ஆம் ஆண்டில் ஒரு சட்டம் வேண்டியிருந்தது. ஆகவே அருவருப்பு முன்னும் தாழ்த்தல் பின்னும் வரவில்லை. ஆளைத் தாழ்த்தியது முதலில். அதற்கு அருவருப்பைத் தேடிப் பிடித்தது பிறகு.

இதில் நமக்கு நெஞ்சு கனப்பது யாதெனில், அது பௌத்த நாடு. கி.பி. 675 இல் அரசர் தெம்மு மாடு, குதிரை, நாய், குரங்கு, கோழி ஆகியவற்றை ஆண்டின் ஒரு பகுதியில் உண்ணலாகாது என்று ஆணையிட்டார். மீன் உண்பதை அது தடுக்கவில்லை. கொல்லாமை என்னும் சீலம், கொல்லும் தொழிலில் பிறப்பாலே கட்டப்பட்டவனை அளக்கும் கோலாக நாளடைவில் திரிந்தது. அவனுக்கு வேறு தொழில் இல்லையென்று கதவை அடைத்துவிட்டு, நீ சீலம் இழந்தவன் என்று கதவுக்கு வெளியிலிருந்து சொன்னார்கள். இறந்தபின் அவனுக்கு இடும் சமயப் பெயரிலும் விலங்கு, அடிமை எனப் பொருள்படும் எழுத்துகளைப் பொறித்த கோயில்கள் இருந்தன. 1979 இல் பிரின்ஸ்டனில் கூடிய உலகச் சமய அமைதி மாநாட்டில், சோட்டோ ஸென் பிரிவின் பேராளர் தம் நாட்டில் அத்தகைய வேற்றுமையே இல்லை என்றார். பின்னர் அவர் அக்கூற்றைத் திரும்பப் பெற்றார். அப்பிரிவும் தன் பிழையை ஒப்புக்கொண்டு, கோயிற் பதிவேடுகளையும் கல்லறைகளையும் ஆராயலாயிற்று. பௌத்தன் என்று சொல்லிக்கொண்டால் இந்நோய் அணுகாது என்று எண்ணுகிற நம்மவர் இதை ஒருமுறைக்கு இருமுறை படிப்பது நலம்.

இவ்விடத்தில் ஒரு தடை எழும். இறைச்சி வாணிகம் உபாசகர்க்கு ஆகாத ஐந்து வாணிகங்களுள் ஒன்றென்று பகவானே விலக்கியிருக்கிறாரே, அது தாழ்த்தல் ஆகாதா? ஆகாது என்பதே நம் கருத்து. அவ்விலக்கு செய்வானை நோக்கியது, செயலைப் பற்றியது, விடக்கூடிய ஒன்றை விடு என்பது. உண்பவன் அதை எடுத்து அறுப்பவனை அளக்க அதில் இடமில்லை. ஊனின் நாற்றத்தைப் பற்றியே ஒரு வாதம் ஆமகந்த சுத்தத்தில் வருகிறது. ஊன் உண்பதே நாற்றம் என்று வாதிட்டவருக்கு, கொலையும் களவும் பொய்யும் பிறரை வருத்துதலுமே நாற்றம் என்று விடை கிடைக்கிறது. ஆனால், அறுப்பவனைத் தாழ்த்தாமல் இருந்துவிட்டதாலேயே நாம் உண்ட சூரைத் துண்டு குற்றமற்றதாகிவிடுமா? ஆகாது. வெள்ளரிக்காய் உண்ட இருவரும் அன்றிரவு நம்மிடம் அதைக் கேட்டார்கள். நமக்காகக் கொன்றதைக் காணவில்லை, கேட்கவில்லை, ஐயுறவில்லை என்று பிக்குகளுக்குரிய விதியைச் சொல்லித் தப்பப் பார்த்தோம். ஐயுறவில்லையா என்று அவர்கள் திருப்பிக் கேட்டார்கள். அதற்கு விடை இன்னும் நம்மிடம் இல்லை.

வகுப்புக்குத் திரும்புவோம். ஆசிரியை இளமையில் ஒரு கடையில் தொழில் கற்கக் கேட்டபோது, பெண்ணின் கை சூடானது, மீன் கெடும் என்று சொல்லி அனுப்பிவிட்டார்களாம். அந்நாட்டுச் சுஷிக் கடைகளில் நெடுங்காலம் வழங்கிய பேச்சு அது. சோறே உடல் வெப்பத்தில் இருக்கவேண்டும் என்று கற்பிக்கும் தொழில், கையின் வெப்பத்தைக் குற்றமாக்கியது! இதைச் சொல்லும்போது அவர் தம் கையை நம்முடன் வந்த முதிய அம்மையாரின் கைமேல் வைத்தார். சூடாக இருக்கிறதா என்று கேட்டார்.

அந்த அம்மையாரைப் பற்றி ஒரு சொல். நம் ஊர்ப்பக்கத்துப் பள்ளி ஒன்றின் மதிய உணவுக்கூடத்தில் அவர் சமையலுக்கு அமர்ந்தவர். இரண்டாம் வாரமே சில வீட்டார் தம் பிள்ளைகளுக்கு வீட்டிலிருந்து சோறு கட்டி அனுப்பலாயினர். மூன்றாம் வாரத்தில் அவரை அடுப்படியினின்று பெருக்கும் வேலைக்கு மாற்றினர். ஓய்வு பெறும்வரை பெருக்கினார். இதை அவர் நம்மிடம் சொன்னவர் அல்லர். ஊரார் சொல்ல அறிந்தோம்.

அவருக்கு வலப்புறம் நின்றவள் பிரேசில் நாட்டு மாணவி. அம்மையார் இறால் துண்டு ஒன்றைப் பிடித்து வைத்துக்கொண்டு, நீட்டாமல் நின்றார்.

“தம்பி, நான் பிடித்ததை அந்தப் பெண் தின்னுமா? கேட்டுச் சொல்.”

“கேட்க வேண்டியதில்லை அம்மா, உங்கள் முறைதான். கொடுங்கள்” என்றார் இளைஞர்.

அம்மையார் தட்டைத் தேடினார். தட்டு எட்டத்தில் இருந்தது. அதற்குள் அப்பெண் கையை நீட்டி, அம்மையாரின் விரல்களுக்கு இடையிலிருந்தே துண்டை எடுத்து வாயிலிட்டாள். மென்று முடிக்கும்வரை அம்மையார் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். விழுங்கியபின் அவள் ஒரு விரலை உயர்த்திக் காட்டினாள். இன்னும் ஒன்று என்று பொருள். அம்மையார் கிண்ணத்திலிருந்த காடிநீரில் மறுபடியும் கையை நனைத்தார்.