இருநூற்று நாற்பது மாதங்கள்

2017-ல் வீட்டுக்கடன் வாங்கிய அன்று நான் கையெழுத்துப் போட்ட பக்கங்கள் ஐம்பதுக்குக் குறையாது. அவற்றில் ஒன்றிரண்டைத் தவிர எதையும் படிக்கவில்லை. ஆனால் கடைசியில் இணைத்திருந்த அட்டவணையைப் படித்தேன். 240 வரிசைகள். ஒவ்வொன்றிலும் தவணை, வட்டி, அசல், மீதி என்று நான்கு பத்திகள். வரிசைக்கு வரிசை வட்டி சில ரூபாய் குறையும், அசல் அதே அளவு கூடும். ஆகவே, தெரியாமல் மாட்டிக்கொண்டேன் என்று சொல்லிக்கொள்ளும் வசதி எனக்கு இல்லை. யாரும் என்னை ஏமாற்றவில்லை. எனக்குத் தெரிந்திருந்தது. தெரிந்திருந்த ஒன்றைப் புரிந்துகொள்ள எனக்கு ஏன் இத்தனை வருஷம் ஆயிற்று என்பதுதான் இங்கே என் விசாரம்.

முதலில் கணக்கு. 30 லட்சம் ரூபாய், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டு. மாதத் தவணை 26,035 ரூபாய். முதல் மாதம் அதில் 21,250 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 4,785. தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவது 143-ஆவது மாதத்தில், அதாவது பன்னிரண்டாம் ஆண்டு முடியும் தறுவாயில். பத்து ஆண்டு ஒரு மாதம் தவறாமல் கட்டியவன் 31 லட்சத்து 24 ஆயிரம் கட்டியிருப்பான். வாங்கியதைவிட அதிகம். அன்று அவன் பாக்கி எவ்வளவு என்று பார்த்தால் கிட்டத்தட்ட 21 லட்சம் நிற்கும். இருபது ஆண்டு முடிவில் கட்டிய மொத்தம் 62 லட்சத்து 48 ஆயிரம். ஒரு வீட்டுக்கு இரண்டு வீட்டின் கடனைக் கட்டுகிறோம் என்று பேச்சுவாக்கில் சொல்வது மிகையில்லை.

இந்தக் கணக்கில் சூழ்ச்சி எதுவும் இல்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். நிற்கிற பாக்கிக்கு வட்டி. பாக்கி பெரிதாக இருக்கும்போது வட்டியும் பெரிது. பள்ளிக்கூடத்துக் கணக்கு. எனக்குத் தெரிந்த பொருளாதாரப் பேராசிரியர் ஒருவரிடம் என் அங்கலாய்ப்பைச் சொன்னபோது அவர் சிரித்தார். வட்டி என்பது பணத்துக்குக் கொடுக்கும் வாடகை. வீட்டுக்கு வாடகை கொடுத்தபோது வராத வயிற்றெரிச்சல் இப்போது ஏன் என்று கேட்டார். விலைவாசி ஆண்டுக்கு 6 சதவீதம் ஏறினால் கடைசித் தவணையான 26,035 ரூபாயின் பெறுமானம் முதல் நாள் கணக்கில் 8,100 ரூபாய்தான் என்று ஒரு காகிதத்தில் போட்டும் காட்டினார். மறுக்க முடியவில்லை. இன்றும் மறுக்கவில்லை. ரூபாயில் கேட்ட கேள்விக்கு ரூபாயில் அவர் சொன்ன பதில் சரியானது. என் கேள்வியை ரூபாயில் கேட்டதுதான் பிசகு.

பழைய சொற்களைப் பார்க்கலாம் என்று தோன்றியது. நம் கிராமங்களில் ஒற்றி என்று ஒன்று உண்டு. நிலத்தை ஒற்றி வைத்தால் கடன் கொடுத்தவன் அதில் உழுது விளைவை எடுத்துக்கொள்வான், அதுவே வட்டி. அசலைத் திருப்பித் தருகிற அன்று நிலம் திரும்பும். அதில் கொடுமைகள் இருந்தன. ஆனால் இழப்பு கண்ணுக்குத் தெரிந்தது. தன் வயலில் இன்னொருவன் நாற்று நடுவதை வரப்பில் நின்று பார்க்கிறவனுக்குக் கடன் என்றால் என்னவென்று யாரும் அட்டவணை போட்டு விளக்க வேண்டியதில்லை. நகரத்தில் போக்கியம் என்ற பெயரில் ஒரு பெருந்தொகையைக் கொடுத்துவிட்டு வாடகையின்றிக் குடியிருப்பதும் இதே வழிவந்த ஏற்பாடுதான்.

ஆங்கிலத்தின் மார்ட்கேஜ் பழைய பிரெஞ்சிலிருந்து வந்தது. செத்த பிணை என்று பொருள். பதினைந்தாம் நூற்றாண்டின் சட்ட அறிஞர் லிட்டில்டன் இதற்கு ஒரு விளக்கம் தருகிறார்: கடனைக் கட்டாவிட்டால் நிலம் கடனாளிக்குச் செத்துவிடுகிறது, கட்டிவிட்டால் பிணை கடன் கொடுத்தவனுக்குச் செத்துவிடுகிறது. இரண்டில் எது நடந்தாலும் ஒரு சாவு உண்டு.

எனக்கு நடந்ததில் இப்படிக் கண்ணுக்குத் தெரிகிற எதுவும் இல்லை. 1882-ஆம் ஆண்டுச் சொத்து மாற்றுச் சட்டம் உரிமை ஆவணங்களை ஒப்படைப்பதையே ஓர் அடமானமாக ஏற்கிறது. கல்கத்தா, சென்னை, பம்பாய் போன்ற துறைமுக நகரங்களின் வியாபாரிகள் அவசரத்துக்குப் பணம் புரட்டுவதற்கென்று இருந்த வழி. அந்த வழியில்தான் இன்று மாதச் சம்பளக்காரனின் வீடும் போகிறது. தாய்ப்பத்திரமும் கிரயப் பத்திரமும் வங்கியின் பெட்டகத்துக்குப் போயின. வில்லங்கச் சான்றிதழில் ஒரு வரி ஏறியது. வீட்டுக்குள் நான் வந்தேன். பால் பொங்கியது. வயலை இழந்தவன் வரப்பில் நின்றான் என்றால், நான் பிணைப்பொருளின் நடுக்கூடத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தேன். கடன் எனக்கு எதிரே நிற்கவில்லை. நான் அதற்குள் குடியிருந்தேன். எதற்குள் குடியிருக்கிறோமோ அதைப் பார்ப்பது கடினம் என்று இப்போது படுகிறது.

வட்டி குட்டி போடும் என்பார்கள் நம்மவர்கள். கிரேக்கத்திலும் வட்டிக்கும் ஈன்ற குட்டிக்கும் ஒரே சொல். பணம் பணத்தை ஈனுவது இயற்கைக்கு மாறானது என்று அரிஸ்டாட்டில் அருவருத்தார். இடைக்கால ஐரோப்பாவின் கிறிஸ்தவச் சிந்தனையாளர்கள் இன்னொரு வாதத்தை வைத்தார்கள்: வட்டிக்காரன் விற்பது காலத்தை, காலம் கடவுளுடையது, தனக்குச் சொந்தமில்லாததை விற்பது திருட்டு. கடவுளை விட்டுவிட்டாலும் இந்த வாதத்தில் ஏதோ மிஞ்சுகிறது. நான் அதைத் திருப்பிப்போட்டுப் பார்க்கிறேன். விற்றவனைப் பற்றிக் கவலை இருக்கட்டும். வாங்கிய நான் விலையாக எதைக் கொடுத்தேன்? முப்பத்தெட்டு வயதுக்காரன் ஐம்பத்தெட்டு வயதுக்காரனின் காலத்தை எழுதிக் கொடுத்தான். அவன் யார், எதை நம்புவான், எதற்காக எழுந்து நிற்க விரும்புவான் என்பது எனக்குத் தெரியாது. அவன் சார்பில் கையெழுத்துப் போட எனக்கு என்ன அதிகாரம்? எல்லா வாக்குறுதியும் அப்படித்தான், கல்யாணமும் அப்படித்தான் என்று பதில் சொல்லலாம். உண்மை. ஆனால் கல்யாணத்தில் எதிரே இருப்பவரும் நம்மோடு சேர்ந்து மாறுகிறார். அட்டவணை மாறுவதில்லை, மாறினால் அதன் போக்கில் மாறுகிறது.

இதுவரை எழுதியதில் நான் பத்திரமாக இருந்தேன். இனிச் சொல்ல வேண்டியதுதான் இந்தக் கட்டுரைக்குக் காரணம்.

நான் அப்போது ஒரு தனியார் பொறியியல் கல்லூரியில் வேலை பார்த்தேன். 2019-ல் மூன்று மாதம் சம்பளம் வரவில்லை. எங்களில் ஒருவர், என்னைவிட வயதில் சிறியவர், கணிதத் துறை, நிர்வாகத்திடம் நேரே போய்க் கேட்டார். அடுத்த வாரம் அவருக்கு வேலை இல்லை. அவரைத் திரும்ப எடுக்கச் சொல்லி ஒரு மனு தயாரானது. பதினோரு பேர் கையெழுத்திட்டார்கள். மனு என் மேசைக்கு வந்தது. நல்ல தமிழில் எழுதியிருந்தார்கள். ஒற்றுப் பிழை ஒன்றைத் திருத்தினேன். அப்புறம், நாளைக்குப் போடுகிறேனே என்றேன். கொண்டுவந்தவர் என் முகத்தைப் பார்த்துவிட்டு, சரி சார் என்று எடுத்துப்போனார். மறுநாள் அது என்னிடம் வரவில்லை. நானும் கேட்கவில்லை.

அன்று மாலை ரயிலில் வரும்போது என் மனத்தில் ஓடியது ஓர் எண். 26,035. ஒவ்வொரு மாதமும் ஐந்தாம் தேதி. சேமிப்பில் எத்தனை தவணைக்குப் பணம் இருக்கிறது என்று கணக்குப் பார்த்தேன். நான்கு. மூன்று தவணை தவறினால் கணக்கு வாராக்கடன் பட்டியலுக்குப் போகும். அதற்கப்புறம் என்னென்ன நடக்கும் என்பதைப் படிக்காமல் கையெழுத்திட்ட பக்கங்களை வீட்டுக்கு வந்து எடுத்துப் படித்தேன். அட்டவணையில் ஐந்தாவதாக ஒரு பத்தி இருந்திருக்க வேண்டும் என்று எனக்கு அன்று தோன்றியது. இந்த மாதம் நீ சொல்லாமல் விட்டது என்ன என்று அதில் எழுதிக்கொண்டு வரலாம்.

பல வருஷம் இந்த விளக்கத்தோடு நிம்மதியாக இருந்தேன். கடன் என்னைக் கோழையாக்கிவிட்டது. கடன்பட்ட ஒரு நடுத்தர வர்க்கம் எதையும் எதிர்க்காது. இது சமூக ரீதியான உண்மை. இப்படிச் சொல்லும்போது குரலில் ஒரு கம்பீரம்கூட வந்துவிடுகிறது. அதில் உண்மையும் இருக்கிறது. ஆனால் அந்தப் பதினோரு பேரில் ஒருவருக்கு என்னைவிடப் பெரிய கடன் இருந்தது. எனக்கு அது அப்போதே தெரியும். இரண்டு பேரும் ஒரே வங்கிக் கிளையில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து காத்திருந்திருக்கிறோம்.

என் அப்பாவை நினைத்துக்கொள்கிறேன். வாழ்நாளில் ஒரு ரூபாய் கடன் வாங்காதவர். முப்பது வருஷம் வாடகை வீடு. சுவரில் ஆணி அடிக்க வீட்டுக்காரரிடம் உத்தரவு கேட்பார். ராத்திரி ஒன்பதரைக்கு மேல் யாரும் சத்தமாகச் சிரிக்கக்கூடாது. வீட்டுக்காரர் பக்கத்துப் போர்ஷன்காரரை, உடம்பு முடியாத மனைவியோடு, பத்து நாள் கெடுவில் காலி பண்ணச் சொன்னபோது அப்பா ஜன்னலைச் சாத்திவிட்டு உள்ளே வந்தார். எனக்குப் பன்னிரண்டு வயது. சொந்த வீடு வேண்டும் என்ற வெறி எனக்குள் அன்று விழுந்திருக்க வேண்டும். யாருக்கும் பயந்து ஜன்னலைச் சாத்தாத ஒரு வீடு. அந்த வீட்டுக்காக வாங்கிய கடன்தான், மனுவை நான் அந்தப் பக்கம் தள்ளியபோது எனக்குக் காரணமாக வந்து நின்றது.

ஆகவே கடன் பயத்தை உண்டாக்குகிறது என்று சொன்னால் பாதிதான் சரி. பயம் முன்பே இருந்தது. வாடகையில் அதற்கு ஒரு முகம் இருந்தது. கடன் அதற்கு ஓர் எண்ணையும் தேதியையும் கொடுத்தது. முகமுள்ள பயத்தைக் கண்டு வெட்கப்படலாம், அப்பா வெட்கப்பட்டார். எண்ணாக மாறிய பயத்துக்குப் பொறுப்பு என்று கௌரவமான பெயர் கிடைத்துவிடுகிறது. குடும்பத்துக்காக என்று சொல்லலாம். என் மனைவி என்னிடம் அப்படி எதுவும் கேட்டதில்லை. ஒரு வீட்டுக்கடனின் நீண்டகால விலையில் வட்டியைவிட அதிகமாக நான் இதைத்தான் கணக்கில் எழுதுவேன்: இருபது வருஷத்துக்குக் கேள்வி கேட்க முடியாத ஒரு சாக்கு. அதை வங்கி எனக்கு விற்கவில்லை. நானே எடுத்துக்கொண்டேன்.

கணக்கை முடித்துவிட வேண்டும். நடுவில் வட்டி இறங்கியபோது நான் தவணையை ஏறக்குறைய 23,600-க்குக் குறைத்துக்கொண்டேன். கை கொஞ்சம் தாராளமாக இருந்தது. 2022 மே மாதத்திலிருந்து 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை 4 சதவீதத்திலிருந்து 6.5-க்கு ஏற்றியது. எனக்கு ஒரு குறுஞ்செய்தி வந்தது. தவணையில் மாற்றமில்லை. காலம் மட்டும் நீண்டிருக்கிறது. பார்த்தால் கடைசித் தவணை என் ஐம்பத்தெட்டாம் வயதிலிருந்து அறுபத்துநான்குக்கு நகர்ந்திருந்தது. ஆறு வருஷம், ஒரு குறுஞ்செய்தியில். தவணை ஏறியிருந்தால் அன்றே சத்தம் போட்டிருப்பேன். ஆயுள் போனதால் சும்மா இருந்தேன். 2023 ஆகஸ்டில், இப்படி வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா காலத்தை நீட்டுவதா என்று கடனாளியைக் கேட்க வேண்டும் என ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. என்னையும் கேட்டார்கள். தவணையைப் பழைய 26,035-க்கே ஏற்றச் சொன்னேன். ஆறு வருஷ நீட்டிப்பு ஒன்றரையாகச் சுருங்கியது. இந்தக் கணக்கு எனக்கு 2017-லும் போடத் தெரியும்.

போன மாதம் தாம்பரம் ஸ்டேஷனில் அவரைப் பார்த்தேன், அந்தக் கணிதத் துறைக்காரரை. டியூஷன் சென்டர் நடத்துகிறார். தலை நரைத்திருந்தது. காபி வாங்கிக் கொடுத்தார். மனுவைப் பற்றி இருவரும் பேசவில்லை. நான் கையெழுத்துப் போடவில்லை என்று அவருக்குத் தெரியுமா என்பது எனக்குத் தெரியாது. ரயில் வருகிற நேரத்தில், எதையாவது கேட்க வேண்டுமே என்பதுபோல, சகஜமாகக் கேட்டார்:

"வீடு வாங்கினீங்களே சார். இன்னும் எவ்வளவு பாக்கி?"

இருபத்துமூன்று லட்சத்துச் சொச்சம் என்றேன். அவர் தலையை ஆட்டினார். அவர் கேட்டதும் அதைத்தான்.